ஆள் சேர்க்க வந்தவரா, தமிழ் வளர்க்க வந்தவரா?

செஞ்சிக்குப் பக்கத்தில் அனந்தபுரம் என்று ஓர் ஊர். அங்கே ஒரு மாலை நேரம் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து இருந்தேன். தெருவில் ஒரு வேன் மெதுவாகப் போனது. அதன் தலையில் ஒலிபெருக்கி. நற்செய்திக் கூட்டத்துக்கு எல்லோரும் வாருங்கள் என்று அழைத்துக்கொண்டே போனது.

பெஞ்சில் இருந்த இருவருக்குள் பேச்சு கிளம்பியது. ஒருவர் இளைஞர். மற்றவர் நரை கண்டவர்.

"என்ன மாமா, வீரமாமுனிவர்கூட இந்த வேலைக்கு வந்தவர்தானே? தமிழ் படிச்சது எல்லாம் ஆள் சேர்க்கத்தான்" என்றார் இளைஞர்.

"அப்படிச் சொல்லாதே மாப்பிள்ளை. பள்ளிக்கூடப் புத்தகத்திலேயே தமிழ்த் தொண்டர்னு போட்டிருக்கு" என்றார் பெரியவர்.

இரண்டு பேரும் விடவில்லை. டீ ஆறிப்போனது. எனக்கும் அன்று இரவு தூக்கம் வரவில்லை. யார் சொன்னது சரி?

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இருவரும் அந்த மனிதரைப் பாதியாக வெட்டிவிட்டார்கள். ஒருவர் ஒரு பாதியை எடுத்துக்கொண்டார். இன்னொருவர் மறு பாதியை எடுத்துக்கொண்டார். முழு மனிதரைப் பார்க்க வேண்டாமா?

தேசிங்கு ராஜன் காலம்

செஞ்சி என்றால் தேசிங்கு ராஜன். இது குழந்தைக்கும் தெரியும். 1714-ஆம் ஆண்டு, ஆற்காட்டு நவாபின் படையோடு மோதி, இளம் வயதில் களத்தில் மாண்டான் அவன். அவன் ஆண்டது கொஞ்ச காலம்தான். ஆனால் அவன் கதை 300 வருடங்கள் கடந்தும் வாழ்கிறது. எதனால்? பாட்டினால்! அவனையும், அவன் குதிரையையும், அவனுடைய முஸ்லிம் நண்பனையும் கிராமத்துப் பாட்டுக்காரர்கள் தெருத் தெருவாகப் பாடினார்கள்.

அந்தப் போர் நடந்த காலத்தில், தமிழ்நாட்டின் வேறு பகுதியில் ஒரு வெள்ளைக்காரப் பாதிரியார் உட்கார்ந்து தமிழ் எழுத்துக் கூட்டிக்கொண்டு இருந்தார். அவர் பெயர் கான்ஸ்டன்டைன் ஜோசப் பெஸ்கி.

இத்தாலி நாட்டில் காஸ்திலியோனே என்ற ஊரில் 1680-ஆம் ஆண்டு நவம்பர் மாதம் பிறந்தவர். 1698-இல் இயேசு சபையில் சேர்ந்தார். குருப்பட்டம் பெற்றார். 1710-இல் கப்பல் ஏறி கோவாவுக்கு வந்தார். அப்போது அவருக்கு வயது 30-ஐ ஒட்டி இருக்கும். அடுத்த ஆண்டே தமிழ்நாட்டுக்கு வந்துவிட்டார்.

எதற்காக வந்தார்? மதம் பரப்பத்தான் வந்தார். இதில் ஒளிவு மறைவு எதுவும் இல்லை. அவரும் மறைக்கவில்லை, நாமும் மறைக்க வேண்டியது இல்லை. "தமிழ் மேல் ஆசை கொண்டு இத்தாலியில் இருந்து ஓடி வந்தார்" என்று மேடையில் பேசுகிறவர்கள் அவருக்கு நன்மை செய்யவில்லை. தமிழ் என்று ஒரு மொழி இருப்பதே அந்த வயதில் அவருக்கு எவ்வளவு தெரிந்து இருக்கும்?

காவி உடுத்த பாதிரியார்

அவருக்கு முன்பே வழி போட்டவர் ஒருவர் உண்டு. அவர் ராபர்ட் டி நோபிலி. தத்துவ போதகர் என்று தமிழர்கள் அழைத்தார்கள். 1606-இல் மதுரைக்கு வந்தவர். அங்கியைக் கழற்றிவிட்டு, துறவி உடை உடுத்து, மாமிசம் விட்டு வாழ்ந்தவர்.

பெஸ்கியும் அந்த வழியில் நடந்தார். காவி உடுத்தார். மரக்கறி உணவு சாப்பிட்டார். ஓலையும் எழுத்தாணியும் எடுத்தார். தம் பெயரைக்கூட முதலில் தைரியநாதர் என்று தமிழில் மாற்றிக்கொண்டார். பிறகுதான் வீரமாமுனிவர் என்ற பெயர் நிலைத்தது.

இதை வேஷம் என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். இருக்கட்டும். ஒரு வேஷத்தை ஒரு மாதம் போடலாம். ஒரு வருடம் போடலாம். 30 வருடங்களுக்கு மேல் போட்டால் அதை வேஷம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

அனந்தபுரத்தில் இருந்து தெற்கே விழுப்புரம் தாண்டிப் போய், விருத்தாசலம் பக்கத்தில் கோணான்குப்பம் என்று ஓர் ஊர் இருக்கிறது. 1993 வரை இந்த ஊர்கள் எல்லாம் ஒரே தென்னாற்காடு மாவட்டம்தான். அங்கே பெரியநாயகி மாதா கோவில் இருக்கிறது. வீரமாமுனிவர் உண்டாக்கிய கோவில். மாதாவுக்குத் தமிழ்ப் பெண் போலச் சேலை உடுத்தி வைத்தவர் அவர்தான் என்று அந்தப் பக்கத்து மக்கள் பெருமையோடு சொல்கிறார்கள். பெயரைப் பாருங்கள். பெரியநாயகி! விருத்தாசலம் சிவன் கோவிலில் அம்மன் பெயர் என்ன? விருத்தாம்பிகை. பெரியநாயகி என்றும் சொல்வார்கள். பக்கத்து ஊரில் வாழ்ந்த ஒரு மனிதர் அதைக் கவனிக்காமல் இருந்து இருப்பாரா?

அரியலூர் மாவட்டம் ஏலாக்குறிச்சியிலும் அவர் நீண்ட காலம் இருந்தார். அந்த ஊருக்குத் திருக்காவலூர் என்று பெயர் வைத்தார். அங்கே மாதாவுக்கு அடைக்கல மாதா என்று பெயர்.

வளன் யார்?

அவர் எழுதிய பெரிய நூல் தேம்பாவணி. 1726-இல் முடித்தார். 3,615 பாட்டுகள். ஏசுவின் வளர்ப்புத் தந்தை சூசையப்பர்தான் கதைத் தலைவர். அவருக்குத் தமிழில் என்ன பெயர் தெரியுமா? வளன்! ஜோசப் என்ற எபிரேயப் பெயருக்குப் பெருகுதல், வளர்தல் என்பது பொருள். அதை அப்படியே தமிழாக்கி, வளன் என்று வைத்துவிட்டார். இன்றும் எத்தனையோ கிறிஸ்தவ வீடுகளில் பிள்ளைகளுக்கு வளன் என்று பெயர் இருக்கிறது.

கதை நடக்கும் இடம் யூதேயா. ஆனால் படித்தால் காவிரிக் கரை போல இருக்கும். வயல் இருக்கும், தாமரை இருக்கும், மழை பொழியும். யூதேயாவில் ஏது இத்தனை தண்ணீர் என்று கேட்கலாம். கேட்பவர் ஏலாக்குறிச்சிக்குப் பக்கத்தில் கொள்ளிடம் ஓடுவதை நினைத்துப் பார்க்க வேண்டும்.

தேம்பாவணி புலவர்களுக்கு உரியது. நாற்று நடுகிற பெண்ணுக்கு அது எட்டுமா? எட்டாது. அது அவருக்கும் தெரிந்தது. அதனால் கித்தேரி அம்மாள் அம்மானை எழுதினார். அம்மானை என்பது பெண்கள் காயை மேலே எறிந்து பிடித்து விளையாடும்போது பாடுவது. நீண்ட கதைப் பாட்டுக்கும் அந்தப் பெயர் உண்டு. அல்லி அரசாணி கதை கேட்டவர்களுக்கு அந்த மெட்டு தெரியும். கித்தேரி அம்மாள் என்பது போர்ச்சுக்கல் நாட்டோடு சேர்த்துச் சொல்லப்படும் ஒரு கன்னிப் புனிதர். அந்த அம்மாள் கதை இந்தப் பாட்டில் ஏறி வந்தது. தேசிங்கு ராஜன் கதை எந்த வழியில் பரவியதோ, அதே வழிதான் இது.

ஒலிபெருக்கி இல்லாத காலத்துப் பிரசாரம் இப்படித்தான் நடந்தது.

வேதியர்கள்

ஒரு விஷயத்தைப் பலர் மறந்துவிடுகிறார்கள். பாதிரியார்கள் மிகச் சிலர். ஊர்களோ நூற்றுக்கணக்கில். அப்படியானால் ஊர் ஊராய்ப் போய் ஜெபம் சொல்லிக் கொடுத்தவர்கள் யார்? தமிழ் உபதேசியார்கள்தான். அவர்களை வேதியர் என்பார்கள். அவர்கள் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்பதற்காகவே, வேதியர் ஒழுக்கம் என்ற உரைநடை நூலை எழுதினார் வீரமாமுனிவர். ஊருக்கு உபதேசம் செய்பவன் முதலில் தான் அதன்படி நடக்க வேண்டும் என்பது அதன் சாரம். அந்த வேதியர்கள் பெயரை யார் நினைவில் வைத்து இருக்கிறார்கள்? கடற்கரையில் சிலை கிடைத்தது தலைவருக்கு மட்டும்தான்.

குறையும் சொல்ல வேண்டும்.

நோபிலி காலம் முதல் இந்த மதுரை மிஷன், சாதி வரிசையை அப்படியே வைத்துக்கொண்டு வேலை செய்தது. உயர்ந்த சாதி என்று சொல்லிக்கொண்டவர்களுக்கு ஒரு வகைச் சாமியார். மற்றவர்களுக்குப் பண்டாரச் சாமியார். எல்லோரும் ஆண்டவனின் பிள்ளைகள் என்று சொல்லிவிட்டு, உட்காரும் இடத்தைப் பிரித்து வைத்தால் அது என்ன நியாயம்? நாட்டு வழக்கத்தோடு ஒட்டிப் போகிறோம் என்றார்கள். சேலையும் அம்மானையும் நாட்டு வழக்கம்தான். தீண்டாமையும் அன்று நாட்டு வழக்கம்தான். முதலில் சொன்னதை எடுத்துக்கொண்டதற்குப் புகழ் உண்டு என்றால், இரண்டாவதைச் சும்மா விட்டதற்குப் பழியும் உண்டு. அந்தப் பழியின் தழும்பு பல ஊர்க் கோவில்களில் வெகு காலம் இருந்தது. வீரமாமுனிவரை மெச்சுகிற நான் இதை மறைத்தால் அது பொய்.

எதிராளி அச்சிட்ட புத்தகம்

அவர் காலத்தில் தரங்கம்பாடியில் புராட்டஸ்டன்டு மதப் பாதிரியார்கள் இருந்தார்கள். டென்மார்க் ராஜா அனுப்பியவர்கள். 1706-இல் அங்கே வந்தவர் சீகன்பால்கு. தமிழில் அச்சுக்கூடம் வைத்து, புதிய ஏற்பாட்டை 1715-இல் அச்சிட்டு முடித்தார்.

அவர்களுக்கும் வீரமாமுனிவருக்கும் பெரிய சண்டை. அவர்களைத் தாக்கிப் புத்தகமே எழுதினார் முனிவர். வேத விளக்கம் ஒன்று. லுத்தேரினத்தியல்பு இன்னொன்று. வார்த்தைகளில் காரம் அதிகம். ஒரே ஏசுவை வணங்குகிறவர்கள் இப்படி அடித்துக்கொள்ளலாமா என்று கேட்கத் தோன்றும்.

ஆனால் நடந்ததைக் கேளுங்கள். பேச்சுத் தமிழுக்கு அவர் லத்தீன் மொழியில் ஓர் இலக்கணம் எழுதி இருந்தார். கொடுந்தமிழ் இலக்கணம் என்று அதைச் சொல்வார்கள். அது 1738-இல் அச்சில் வந்தது. எங்கே? தரங்கம்பாடியில்! அவர் யாரைத் திட்டினாரோ, அவர்களுடைய அச்சுக்கூடத்தில்! திட்டியவர் புத்தகம் என்று அவர்கள் ஒதுக்கவில்லை. தமிழ் படிக்க அதைவிட நல்ல நூல் அவர்களிடம் இல்லை. அந்தப் பெருந்தன்மைக்காக அவர்களுக்கும் ஒரு கும்பிடு போட வேண்டும்.

அவர் கோபத்தில் எழுதிய நூல்களை இன்று ஆராய்ச்சிக்காரர்களைத் தவிர யார் தொடுகிறார்கள்?

கொம்பும் சுழியும்

புதிதாக எழுத்துக் கூட்டிப் படிக்கிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

"கொடி" என்று எழுதுகிறோம். "கோடி" என்றும் எழுதுகிறோம். கொம்பில் ஒரு சுழி கூடினால் பொருளே மாறிவிடுகிறது. பழைய காலத்தில் இந்தச் சுழி இல்லை. குறில் என்று காட்ட எழுத்தின் மேல் புள்ளி வைக்க வேண்டும் என்பது விதி. ஆனால் ஓலையில் எழுத்தாணியால் புள்ளி குத்தினால் ஓலை கிழியும். அதனால் எழுதுகிறவர்கள் புள்ளியை விட்டுவிடுவார்கள். படிக்கிறவன் பாடு திண்டாட்டம்! "கெடு" என்பதா, "கேடு" என்பதா? இடம் பார்த்து ஊகிக்க வேண்டும்.

நெடிலுக்குச் சுழித்த கொம்பு என்ற வழக்கத்தைக் கொண்டுவந்த பெருமை வீரமாமுனிவருக்கே தரப்படுகிறது. இந்தப் பக்கத்தில் உங்கள் கண் எத்தனை சுழியைத் தாண்டி வந்து இருக்கும்!

அகராதியும் அப்படித்தான். முன்பு ஒரு சொல்லுக்குப் பொருள் வேண்டும் என்றால் நிகண்டுப் பாட்டுகளை நெட்டுருப் போட்டு இருக்க வேண்டும். 1732-இல் அவர் சதுரகராதி செய்தார். பெயர், பொருள், தொகை, தொடை என்று நான்கு பிரிவு. எழுத்து வரிசையில் தேடினால் சொல் கிடைக்கும். பாட்டை மனப்பாடம் செய்யாத ஏழைப் பிள்ளையும் தேடிக்கொள்ளலாம்.

திருக்குறளின் அறத்துப்பாலையும் பொருட்பாலையும் லத்தீனில் பெயர்த்தார். காமத்துப்பாலை விட்டுவிட்டார். துறவி அல்லவா, அவர் சங்கடம் அவருக்கு! ஆனால் இதை யோசியுங்கள். ஏசுவை அறியாத ஒருவர் எழுதிய நூலை, ஏசுவைச் சொல்ல வந்தவர் ஐரோப்பாவுக்கு மொழிபெயர்க்கிறார். இதனால் எத்தனை ஆள் சேரும்? ஒரு ஆளும் சேராது. டீக்கடை இளைஞர் சொன்ன கணக்கு இந்த இடத்தில்தான் உதைக்கிறது. கருவி என்று எடுத்த தமிழ், எடுத்தவரையே பிடித்துக்கொண்டது. அது எந்த வருடம், எந்த ஓலையில் நடந்தது என்று யாரால் சொல்ல முடியும்?

1747-இல், கேரளத்தில் அம்பழக்காடு என்ற இடத்தில் அவர் காலமானார் என்பது பெரும்பாலோர் ஏற்கும் கணக்கு. இத்தாலிக்குத் திரும்பிப் போகவே இல்லை. 1968-இல் சென்னையில் உலகத் தமிழ் மாநாடு நடந்தபோது மெரினாவில் அவருக்குச் சிலை வைத்தார்கள்.

மறுபடி ஒரு முறை அனந்தபுரம் போனபோது அந்த நரை கண்ட பெரியவரைப் பார்த்தேன். இதை எல்லாம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டார். தேம்பாவணிக்கும் அகராதிக்கும் தலையை ஆட்டினார். பரமார்த்த குரு கதையும் அவர் எழுதியதுதான் என்றேன். உடனே நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"யாரு? மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன்... அந்தக் கதையா? ஆறு தூங்குதான்னு கொள்ளிக்கட்டையைத் தண்ணியிலே வச்சுப் பார்ப்பானே, அதுவா?"

"அதுதான்."

"அதை என் ஆயா சொல்லிக் கேட்டிருக்கேன் தம்பி! குதிரை முட்டைன்னு பூசணிக்காயை வாங்கிட்டு வருவானுங்க. எங்க ஆயாவுக்கு ஒரு எழுத்துகூடத் தெரியாது. அவங்க சொன்னப்போ இது நம்ம ஊர்க் கதைன்னு இல்ல நினைச்சேன்!" என்று சொல்லிவிட்டு, கடைக்காரரிடம் இரண்டு டீ சொன்னார்.