மூடுவது வேறு, அணைப்பது வேறு

நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன் என்பது இங்கே வழக்கமாக வந்து படிப்பவர்களுக்குத் தெரியும். அங்கே எங்கள் வகுப்பில் 'ஃபெர்மே லா லுமியேர்' என்று யாராவது எழுதிவிட்டால் ஆசிரியர் சிவப்பு மையில் கோடு போடுவார். 'விளக்கை மூடு' என்று அதற்கு அர்த்தம். மூடுவது கதவை, விளக்கை அணைக்கத்தான் முடியும், அதற்கு 'எத்தேந்த்ர்' என்று தனிச்சொல் இருக்கிறது. தமிழிலும் இந்த வேறுபாடு உண்டு. ஆனால் இன்று டி.வி.க்கு அடியில் உட்கார்ந்திருக்கும் வீடியோ கேம் பெட்டி விஷயத்தில் மட்டும் தாத்தா, பாட்டி, அப்பா, அம்மா எல்லோருக்கும் ஒரே சொல்தான்: "ஆஃப் பண்ணுடா!"

அந்த ஒரு சொல்லால் பல வீடுகளில் சண்டை நடக்கிறது. அதைப் பற்றித்தான் இன்று எழுதப் போகிறேன். எழுபது தாண்டியவனுக்கு வீடியோ கேமைப் பற்றி என்ன தெரியும் என்று நினைக்க வேண்டாம். பேரனிடம் கேட்டு, அவன் சொன்னதைக் கம்பெனிக்காரர்களின் வழிகாட்டிப் பக்கங்களோடு ஒத்துப் பார்த்துத்தான் எழுதுகிறேன். குமாஸ்தாவுக்கு மூலத்தோடு ஒப்பிடாமல் கையெழுத்துப் போட வராது.

என் கருத்து இதுதான். விளையாட்டை முறையாக மூடப் பழகுவது, விளையாடப் பழகுவதைப் போலவே ஒரு பாடம். மூடாமல் எழுந்து போகும் பிள்ளையும் தவறு செய்கிறான். மூட நேரம் கொடுக்காமல் சுவரில் உள்ள ஸ்விட்சைத் தட்டிவிடும் பெரியவரும் தவறு செய்கிறார். இரண்டாவது தவறுதான் பெரியது.

முதலில் பெட்டிக்குள் நடப்பதைப் பார்ப்போம். விளையாடிக்கொண்டிருக்கும்போது ஆட்டத்தின் அப்போதைய நிலை, அதாவது எந்த இடத்தில் நிற்கிறான், கையில் என்ன இருக்கிறது என்பதெல்லாம், மின்சாரம் இருக்கும் வரைதான் நிற்கும் நினைவகத்தில் இருக்கிறது. 'சேவ்' செய்யும்போதுதான் அது நிலையான சேமிப்பகத்தில் எழுதப்படுகிறது. எழுதி முடிவதற்குள் மின்சாரம் போனால் பாதி எழுதிய தாள் மாதிரி ஆகிவிடும். சில நேரம் அந்தத் தாள் மட்டும் கெடும். சில நேரம் பதிவேடே கெடும். திரையின் ஓரத்தில் ஒரு சின்னம் சுழலும்போது 'இப்போது அணைக்காதீர்கள்' என்று பல விளையாட்டுகள் எச்சரிப்பது இதனால்தான்.

இது புதிய கவலையும் அல்ல. 1987இல் அமெரிக்காவில் நின்டெண்டோ வெளியிட்ட 'தி லெஜண்ட் ஆஃப் செல்டா' விளையாட்டின் கேட்ரிட்ஜுக்குள் ஒரு சின்ன பேட்டரி இருந்தது. ஆட்டத்தின் நிலையை அதுதான் காப்பாற்றியது. பெட்டியை அணைக்கும்போது 'ரீசெட்' பொத்தானை அழுத்திப் பிடித்துக்கொண்டே பவரை அணைக்க வேண்டும் என்று அந்த விளையாட்டே சொல்லும். மின்சாரம் இறங்கும் அந்த நொடியில் செயலி தாறுமாறாக எதையாவது எழுதிவிடக் கூடாது, அதற்காக ரீசெட்டை அழுத்தி அதன் கையைக் கட்டிவைக்கும் ஏற்பாடு. வீட்டு விளையாட்டுப் பெட்டிக்கு 'முறையாக மூடு' என்ற விதி அப்போதே வந்துவிட்டது. நம் ஊரில் தொண்ணூறுகளில் பிள்ளைகள் டி.வி.யில் செருகி ஆடிய மலிவு விலைப் பெட்டிகளில் பெரும்பாலும் சேவ் என்பதே கிடையாது. ஸ்விட்சைத் தட்டினால் முடிந்தது, மறுநாள் முதலிலிருந்து. பெரியவர்களுக்கு ஸ்விட்சைத் தட்டும் பழக்கம் அங்கிருந்து வந்திருக்கலாம்.

இப்போதுள்ள பெட்டிகளுக்கு வருகிறேன். பிளேஸ்டேஷன் 5 இந்தியாவில் விற்பனைக்கு வந்தது 2021 பிப்ரவரி 2 அன்று. அதில் ஆடிக்கொண்டிருந்துவிட்டு முகப்புத் திரைக்கு வந்துவிட்டால் ஆட்டம் முடிந்தது என்று பலர் நினைக்கிறார்கள். முடியவில்லை, பின்னால் அப்படியே நிற்கிறது. மூட வேண்டுமானால் முகப்புத் திரையில் அந்த ஆட்டத்தின் படத்துக்குப் போய், 'ஆப்ஷன்ஸ்' பொத்தானை அழுத்தி, 'க்ளோஸ் கேம்' என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். நின்டெண்டோ ஸ்விட்ச்சில் 'ஹோம்' பொத்தானை அழுத்தினால் ஆட்டம் நிறுத்திவைக்கப்படும். பிறகு 'எக்ஸ்' பொத்தானை அழுத்தினால் மூடலாமா என்று கேட்கும். எக்ஸ்பாக்ஸில் எக்ஸ்பாக்ஸ் பொத்தான், பிறகு மெனு பொத்தான், பிறகு 'க்விட்'. மூன்றிலும் ஒரு நிபந்தனை உண்டு: மூடுவதற்கு முன் சேவ் செய்திருக்க வேண்டும். மூடினால் தானாகச் சேவ் ஆகிவிடும் என்று எண்ணக் கூடாது.

இதை எனக்கு விளங்கிக்கொள்ள அலுவலகம்தான் உதவியது. மாலை ஆறு மணிக்குக் கோப்பைக் கட்டி மேசையில் வைத்துவிட்டு வீட்டுக்குப் போவது ஒன்று. கோப்பை முடிப்பது வேறு. வருவாய்த் துறையில் டாட்டன்ஹாம் முறை என்று ஒன்று வெள்ளைக்காரன் காலத்திலிருந்து இருக்கிறது. வரும் ஒவ்வொரு தாளும் எழுத்தரின் தன்பதிவேட்டில் ஏறும். வேலை முடிந்தால் அதற்கு ஒரு முடிவு உண்டு. ஆர்.டிஸ். என்றால் நிரந்தரமாக வைக்க வேண்டியது, டி.டிஸ். என்றால் பத்து ஆண்டு, எல்.டிஸ். என்றால் ஓராண்டு. முடிவு போடாத கோப்பு எவ்வளவு அழகாகக் கட்டியிருந்தாலும் நிலுவைதான். அதிகாரியிடம் வாயால் பேசி முடித்தது குறிப்பில் ஏறாவிட்டால், அதிகாரி மாறிப்போன மறுநாள் அதற்கு மதிப்பே இல்லை. முகப்புத் திரைக்கு வந்த ஆட்டம் கட்டிவைத்த கோப்பு. சேவ் செய்யாத ஆட்டம் வாயால் பேசி முடித்த விஷயம்.

அடுத்தது 'ரெஸ்ட் மோட்', 'ஸ்லீப் மோட்' என்ற சமாச்சாரம். ஆங்கிலத்தில் இதற்கு உறக்கம், ஓய்வு என்று பெயர். பிரெஞ்சில் கணினியோ டி.வி.யோ இந்த நிலையில் இருந்தால் 'ஆன் வெய்' என்பார்கள். 'வெய்' என்றால் உறக்கம் அல்ல, விழித்திருந்து காவல் காப்பது. பிள்ளை பயப்படாமல் இருக்க இரவெல்லாம் எரியவிடும் சின்ன விளக்குக்கும் அந்தச் சொல்லிலிருந்துதான் பெயர் வந்தது. எனக்குப் பிரெஞ்சுக்காரர்கள் சொல்வதே சரியென்று படுகிறது. பெட்டி தூங்கவில்லை, கண்ணைத் திறந்துகொண்டு படுத்திருக்கிறது. பிளேஸ்டேஷன் 5இல் அந்த நேரத்தில் ஆரஞ்சு விளக்கு எரியும். ஆரஞ்சு எரியும்போது பிளக்கைப் பிடுங்கக் கூடாது என்று சோனி தெளிவாகச் சொல்கிறது. விளக்கு முழுவதும் அணைந்த பிறகே சுவர் ஸ்விட்சில் கை வைக்க வேண்டும்.

காவலுக்குச் சம்பளமும் உண்டு. எக்ஸ்பாக்ஸின் புதிய பெட்டிகள் உறக்க நிலையில் 10 முதல் 15 வாட் வரை எடுக்கும், முழுமையாக அணைக்கும் நிலையில் அரை வாட் போதும் என்பது மைக்ரோசாஃப்ட் சொல்லும் கணக்கு. குறைந்தபட்சம் 10 வாட் என்றே வைத்துக்கொள்வோம். நாளெல்லாம் அப்படியே விட்டால் 60 நாளுக்கு 14 யூனிட்டுக்கு மேல் ஆகும். நமக்கு இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம் என்பது 2016இல் வந்தது. அதில் ஏழில் ஒரு பங்கை யாரும் ஆடாத ஆட்டத்துக்குக் கொடுக்கிறோம்.

எங்கள் தருமபுரி மாதிரி ஊர்களுக்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. 2012இல் சென்னைக்கு வெளியே இருந்த நாமெல்லாம் பட்ட மின்வெட்டை மறந்திருக்க மாட்டீர்கள். மணிக்கணக்கில் போகும், எப்போது வரும் என்று சொல்ல முடியாது. அந்தக் காலம் போய்விட்டது, உண்மைதான். ஆனாலும் மாதாந்திரப் பராமரிப்பு மின் நிறுத்தம் இருக்கிறது. சித்திரை, வைகாசியில் மாலைக் காற்றோடு நாலு தூறல் விழுந்தாலே கிராமப்புறத்தில் கரண்ட் போகிறது. வீட்டில் இன்வெர்ட்டர் இருந்தால் போதும் என்பார்கள். சாதாரண நிலையில் வைத்த இன்வெர்ட்டர் மாறுவதற்கு எடுக்கும் அந்தக் கண்ணிமைக்கும் நேரத்திலேயே கணினி அணைந்து எழுகிறதைப் பார்த்திருப்பீர்கள். இந்தப் பெட்டிகளுக்கும் அதே கதிதான். காவல் நிலையில் இருக்கும் பிளேஸ்டேஷனுக்கு மின்சாரம் போனால் நிறுத்திவைத்த ஆட்டம் போய்விடும். எக்ஸ்பாக்ஸின் புதிய பெட்டிகளில் உள்ள 'க்விக் ரெஸ்யூம்' வசதி ஆட்டத்தின் நிலையைச் சேமிப்பகத்தில் எழுதி வைப்பதால் மின்சாரம் போனாலும் தாங்கும். ஆனால் எல்லா விளையாட்டும் அதற்கு ஒத்துழைப்பதில்லை. மழை மேகம் திரண்டால் கொடியில் காயும் துணியை எடுக்கிறோமே, அதேபோல் ஆட்டத்தைச் சேவ் செய்து மூடிவிடுவது நல்லது.

அதற்காக எல்லாவற்றையும் ஓயாமல் மூடிக்கொண்டிருக்க வேண்டும் என்று சொல்லவில்லை. செல்போனில் நிமிடத்துக்கு ஒருமுறை எல்லா ஆப்பையும் மேலே தள்ளித் தள்ளி மூடும் நண்பர்கள் எனக்கு உண்டு. பேட்டரி மிச்சமாகும் என்று நினைக்கிறார்கள். போன் அதைத் தானே பார்த்துக்கொள்ளும். திரும்பத் திரும்ப மூடித் திறப்பதுதான் வீண் வேலை. விளையாட்டுப் பெட்டியிலும் பத்து நிமிடம் சாப்பிட்டுவிட்டு வருவதற்கு மூட வேண்டியதில்லை. அன்றைய ஆட்டம் முடிந்தால், ஆட்டத்துக்கு அப்டேட் வந்திருந்தால், ஆட்டம் சிக்கிக்கொண்டு நின்றால், அடுத்தவர் வேறு ஆட்டம் ஆடப் போகிறார் என்றால் மூட வேண்டும். கடைசியாகச் சொன்னது முக்கியம். அண்ணன் சேவ் செய்யாமல் எழுந்து போயிருப்பான். தம்பி வந்து வேறு ஆட்டத்தைத் தொடுவான். முதல் ஆட்டத்தை மூடட்டுமா என்று பெட்டி கேட்கும். அவன் படிக்காமலே சரி என்று அழுத்துவான். பிறகு அடிதடி.

இனி பெரியவர்கள் பக்கம். எங்கள் உறவில் ஒரு வீடு. பையனுக்குப் பதின்மூன்று வயது. கோடை விடுமுறை முழுக்க ஒரே ஆட்டத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக ஆடி வந்திருக்கிறான். ஒருநாள் இரவு "ஒரு நிமிஷம்பா, சேவ் ஆகிட்டிருக்கு" என்றிருக்கிறான். இதையே தினமும் கேட்டுச் சலித்த அப்பா ஸ்விட்சைத் தட்டிவிட்டார். அன்றைக்கு அவன் சொன்னது நிஜம். அந்தச் சேவ் கெட்டு, இரண்டு மாத ஆட்டம் போய்விட்டது. பையன் அப்பாவிடம் வாரக்கணக்கில் முகம் கொடுத்துப் பேசவில்லை. "ஒரு விளையாட்டுக்கா இவ்வளவு?" என்று அவர் என்னிடம் வருத்தப்பட்டார். அவருக்கு அது விளையாட்டு. பையனுக்கு அவன் இரண்டு மாதம் செய்த வேலை. நாம் எழுதி முடித்த பதிவேட்டில் ஒருவர் மையைக் கொட்டிவிட்டு "காகிதம்தானே" என்றால் நமக்கு எப்படி இருக்கும்?

அதைவிடப் பெரிய நஷ்டம் ஒன்று இருக்கிறது. அன்றிலிருந்து அந்தப் பையன், அப்பா வரும் சத்தம் கேட்டாலே அவசரமாக ஆட்டத்தை மறைக்கப் பழகிவிட்டான். மூடப் பழகவில்லை. தானாக நிறுத்தும் சக்தியை வளர்க்க வேண்டிய வயதில், நிறுத்துவது அடுத்தவர் வேலை என்று அவனுக்குச் சொல்லிக் கொடுத்துவிட்டோம்.

அரசாங்கங்களும் இதை முயன்று பார்த்திருக்கின்றன. தென்கொரியாவில் 2011இல், 16 வயதுக்கு உட்பட்டவர்கள் நள்ளிரவு முதல் காலை 6 மணி வரை இணைய விளையாட்டு ஆடக் கூடாது என்று சட்டம் போட்டார்கள். பத்து ஆண்டு கழித்து, பெற்றோரும் பிள்ளையும் பேசி முடிவு செய்துகொள்ளட்டும் என்று அதை விட்டுவிட்டார்கள். தமிழ்நாட்டில் 2025இல் பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளுக்கு நள்ளிரவு முதல் காலை 5 மணி வரை தடை என்று விதி வந்தது. உயர்நீதிமன்றமும் அதைச் சரியென்றது. சூதாட்டத்துக்கு அது வேண்டும், குடும்பங்கள் அழிகிற விஷயம் அது. ஆனால் வீட்டுக் கூடத்தில் பந்து விளையாட்டோ கார் பந்தயமோ ஆடும் பிள்ளைக்குச் சட்டம் வந்து ஸ்விட்சைத் தட்ட முடியாது. அது வீட்டுக்காரர்கள் வேலை.

அந்த வேலைக்கு எனக்குத் தெரிந்த வழி எளிது. ஆட்டம் தொடங்கும் முன்பே "எங்கே நிறுத்துவாய்?" என்று கேளுங்கள். "எத்தனை மணிக்கு?" என்பதைவிட இந்தக் கேள்வி நல்லது. சில ஆட்டங்களில் சேவ் செய்யும் இடம் வரும் வரை நிறுத்த முடியாது. இணையத்தில் நாலு பேரோடு சேர்ந்து ஆடினால் நடுவில் எழுந்து போவது மற்றவர்களைக் கைவிடுவது. முடிக்க வேண்டிய நேரத்துக்குப் பத்து நிமிடம் முன்பு ஒருமுறை சொல்லுங்கள். பிளேஸ்டேஷனிலும் ஸ்விட்ச்சிலும் பெற்றோர் கட்டுப்பாட்டில் நேரம் குறித்து வைத்தால் பெட்டியே நினைவூட்டும். பிறகு அவன் சேவ் செய்து, மூடி, முழுதாக அணைத்து, விளக்கு அணைந்ததைப் பார்த்துவிட்டு, சுவர் ஸ்விட்சைத் தன் கையால் தட்டட்டும். இது எல்லாவற்றுக்கும் இரண்டு நிமிடம் ஆகும். சொன்ன சொல்லை மீறினால் மறுநாள் ஆட்டம் கிடையாது என்று தண்டனை கொடுங்கள். நடுவில் மின்சாரத்தைப் பிடுங்குவது மட்டும் வேண்டாம்.

பிள்ளைகளுக்கும் ஒரு வார்த்தை. "ஒரு நிமிஷம்" என்று சொன்னால் அது ஒரு நிமிடமாக இருக்கட்டும். தினமும் அரை மணி நேரத்தை ஒரு நிமிடம் என்று சொல்லி வந்தால், நிஜமாகவே சேவ் ஆகிக்கொண்டிருக்கும் நாளில் யாரும் நம்ப மாட்டார்கள்.