இரவல் குரல் என்னும் இளக்காரம்

ஜப்பானிய அனிமேக்களுக்கு ஆங்கிலத்தில் குரல் கொடுப்பவர்களைக் 'கிளிப்பிள்ளைகள்' என்று திட்டி அன்பர் ஒருவர் சென்ற இதழில் எழுதியிருக்கும் நான்கு பக்கக் கட்டுரையில் எனக்கு மிகவும் பிடித்த இடம் ஓர் அடைப்புக்குறிதான். தான் அனிமேயை 'மூலத்தில் மட்டுமே' பார்ப்பவன் என்று மார்தட்டிய சூட்டோடு, பக்கத்திலேயே சின்னதாக (ஆங்கில சப்டைட்டிலுடன்) என்று சேர்த்திருக்கிறார். நேர்மையான மனிதர், அதில் சந்தேகமில்லை. ஆனால் நான்கு பக்கமும் அந்த அடைப்புக்குறிக்குள் விழுந்து முங்கிப்போனதை மட்டும் அவர் கவனிக்கவில்லை.

ஜப்பானிய மொழியில் ஒரு வாக்கியம் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்றுகூடத் தெரியாத ஒருவர், திரைக்கு அடியில் ஓடும் யாரோ ஒரு மொழிபெயர்ப்பாளரின் ஆங்கிலத்தைக் கண்ணால் படித்து, காதில் விழும் ஜப்பானியக் குரலின் ஏற்ற இறக்கத்தை அதன்மேல் தானே ஏற்றி, இரண்டையும் குழைத்து விழுங்கிவிட்டு 'மூலம்' என்று ஏப்பம் விடுகிறார். தன் மண்டைக்குள்ளேயே ஒரு டப்பிங் தியேட்டரை நடத்துகிறார் என்பதைத் தவிர இதற்கு வேறென்ன பெயர்? ஒரே வேறுபாடு, அந்தத் தியேட்டரில் யாருக்கும் சம்பளம் தர வேண்டியதில்லை. இந்தக் கடைசிச் செய்தியை வாசகர் கொஞ்சம் நினைவில் வைத்திருக்க வேண்டும். அன்பரின் கட்டுரை எந்தத் திசைக்கு வண்டி ஓட்டுகிறது என்பது பிறகு புரியும்.

அவருடைய முதல் வாதம், குரலும் உடலும் ஒன்றாகப் பிறந்தவை, ஒன்றிலிருந்து மற்றதைப் பிரிப்பது கலைக்கொலை என்பது. கேட்க உபநிடதம் போல இருக்கிறது. ஆனால் கோட்டோவியத்துக்கு ஏது ஐயா தொண்டை? கோகு என்ற அந்த முறுக்கேறிய வீரனுக்கு ஜப்பானில் 1986 முதல் குரல் கொடுப்பவர் மசாகோ நோசாவா என்னும் பெண்மணி. குரலும் உடலும் இரட்டைப் பிள்ளைகள் என்ற விதிப்படி பார்த்தால் அந்த மூலமே முதல் குற்றவாளி. போகட்டும், '96' படத்தின் ஜானுவுக்காகத் தமிழ்நாடே உருகியபோது அன்பரும்தான் உருகியிருப்பார். அங்கே த்ரிஷாவின் முகத்திலிருந்து வந்தது சின்மயியின் குரல் என்று தெரிந்ததும் வடித்த கண்ணீரைத் திரும்பக் கேட்டாரா?

இதைவிட அடிப்படையான விஷயம் ஒன்று இருக்கிறது. ஜப்பானியக் குரலும் பெரும்பாலும் படத்தைப் பார்த்துப் பின்னால் ஏற்றப்படுவதுதான். அந்த முறைக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் 'அஃபுரெகோ'. 'ஆஃப்டர் ரெக்கார்டிங்' என்ற ஆங்கிலச் சொற்களை நசுக்கிச் செய்த சொல். புனித மூலத்தின் தொழிற்பெயரிலேயே ஆங்கில வாடை! 1988-இல் வந்த 'அகிரா' போல, முதலில் குரலைப் பதிந்து அதற்கேற்ப வாயை வரைந்தவை விதிவிலக்குகள். மற்றபடி தொலைக்காட்சி அனிமேயில் திறந்த வாய், பாதி திறந்த வாய், மூடிய வாய் என்று மூன்று ஓவியங்களை மாற்றி மாற்றிக் காட்டுவார்கள். ஜப்பானிய நடிகர் அதில் தன் வசனத்தைப் பொருத்துவார், பிறகு ஆங்கில நடிகர் பொருத்துவார். 2014-இல் 'ஸ்பேஸ் டேண்டி' தொடரின் ஆங்கில வடிவம் ஜப்பானியத் தொலைக்காட்சியை முந்திக்கொண்டு அமெரிக்காவில் ஒளிபரப்பானது. முந்திப் பிறந்தது எதுவோ அதுவே மூலம் என்றால், அந்தத் தொடரை அன்பர் எந்த மொழியில் பார்த்துப் புனிதம் காத்தார்?

அவர் வழிபடும் உதாரணத்துக்கே வருவோம். 'கௌபாய் பீபாப்' தொடரின் ஸ்பைக் என்னும் வேட்டைக்காரப் பாத்திரத்துக்குக் குரல் தந்த கோய்ச்சி யாமாதேராவை ஒரு முழுப் பத்திக்குப் புகழ்ந்துவிட்டு, ஆங்கிலத்தில் அதே பாத்திரத்தைச் செய்த ஸ்டீவ் பிளமை 'எச்சில் இலை' என்கிறார். யாமாதேரா மகா கலைஞர், மறுப்பே இல்லை. ஆனால் அவர் வாழ்நாளில் பாதி என்ன செய்தார் என்று அன்பருக்குத் தெரியுமா? ஜிம் கேரிக்கும் எடி மர்ஃபிக்கும் ஜப்பானிய மொழியில் டப்பிங் பேசினார். 'அலாவுதீன்' படத்தின் பூதம் ஜப்பானில் அவர் குரலில்தான் பேசுகிறது; டொனால்ட் டக்கும் அப்படியே. அவருக்கு முந்திய தலைமுறையில், அனிமே நாயகன் லூபினின் குரலாகப் புகழ்பெற்ற யாசுவோ யாமாதாதான் ஜப்பானியர்களுக்குக் கிளின்ட் ஈஸ்ட்வுட். வெளிநாட்டுப் படங்களுக்குக் குரல் கொடுப்பது அந்த நாட்டில் மதிப்பான தொழில், இரவல் வேலையல்ல. ஜப்பானியர் அமெரிக்க வாத்துக்குக் குரல் கொடுத்தால் கலை, அமெரிக்கர் ஜப்பானிய வேட்டைக்காரனுக்குக் குரல் கொடுத்தால் எச்சில்! மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம் என்ற நம்மூர் நீதியை டோக்கியோ வரைக்கும் ஏற்றுமதி செய்த பெருமை அன்பரையே சேரும்.

அடுத்ததாக, 'வாயசைவுக்கு ஏற்ப வாசிப்பதில் என்ன நடிப்பு இருக்கிறது?' என்ற கேள்வி. டப்பிங் அறையைச் சினிமாவில்கூடப் பார்க்காதவர்தான் இப்படிக் கேட்க முடியும். ஜப்பானில் நடிகர்கள் ஒரே அறையில் கூடி, மூன்று நான்கு மைக்குகளுக்கு முன்னால் முறைபோட்டு வந்து நின்று, எதிராளியின் மூச்சைக் கேட்டுப் பதில் சொல்வது நெடுநாள் வழக்கம். ஆங்கில நடிகருக்கு அந்தக் கொடுப்பினை பெரும்பாலும் இல்லை. மூடிய அறையில் ஒற்றை ஆள்; காதில் ஒன்று, இரண்டு, மூன்று என்று பீப் ஒலிகள்; நான்காவது விழ வேண்டிய மௌனத்தில் வசனம் தொடங்க வேண்டும். எதிரில் காதலி இல்லை, எதிரி இல்லை, பல நேரம் அவர்களின் வசனம் இன்னும் பதிவாகியிருக்கவே இல்லை. யாருமில்லாத சுவரைப் பார்த்து 'என்னை விட்டுப் போகாதே' என்று அழுது, வரையப்பட்ட வாய் மூடும் அதே கணத்தில் அழுகையை நிறுத்தியும் காட்டுகிறவரைக் கிளி என்றால், எனக்கு அந்தக் கிளிதான் வேண்டும்.

இதில் அன்பருக்குப் புரிந்திருக்க வேண்டிய நுட்பம் ஒன்று உண்டு. புரியாமல் போனதுதான் ஆச்சரியம், ஏனென்றால் அவர் தமிழர். 'அவனை நான் ஒருபோதும் மன்னிக்க...' என்று இழுத்து, 'மாட்டேன்' என்பதைக் கடைசியில் வைக்கிறோம் நாம். ஜப்பானியமும் அப்படித்தான், வினை கடைசியில், அதிலும் மறுப்பு வாலில். எனவே ஜப்பானிய இயக்குநர் முகத்தின் மாற்றத்தையும் இசையின் வெடிப்பையும் வாக்கியத்தின் வாலில் வைத்திருப்பார். ஆங்கிலத்திலோ மறுப்பு முன்னாலேயே வந்து குட்டை உடைத்துவிடும். ரகசியம் வெளியான பிறகும் வாக்கியத்தின் கடைசிச் சொல்வரை இறுக்கத்தைத் தாங்கி, முகம் மாறும் நொடியில் அதை வெடிக்க வைக்க வேண்டிய பொறுப்பு, வசனத்தைத் திருத்தி எழுதுபவருக்கும் அந்த நடிகருக்கும் உரியது. இதற்குப் பெயர் வாசிப்பா?

'கலை என்றால் சினிமா நட்சத்திரங்களை ஏன் அழைக்கிறார்கள்?' என்று ஒரு குறுக்குக் கேள்வி. போஸ்டருக்காக. வேறென்ன? 1999-இல் அமெரிக்கத் திரைக்கு வந்த 'பிரின்சஸ் மொனோனோகே'யின் ஆங்கில வசனத்தை எழுத்தாளர் நீல் கெய்மன் எழுதினார், நடிகை கிளேர் டேன்ஸ் பேசினார். இயக்குநர் மியாசாகியின் 'தி பாய் அண்ட் தி ஹெரான்' படத்தில் நாரைக்கு ராபர்ட் பாட்டின்சன். பாட்டின்சன் அசத்திவிட்டார் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அவர் அசத்தியது நட்சத்திரம் என்பதால் அல்ல, தன் குரலை அடையாளமே தெரியாமல் உருக்குலைக்கத் துணிந்ததால்; அந்தத் துணிச்சலைத்தான் பெயர் தெரியாத நூறு பேர் கிழமைதோறும் காட்டிக்கொண்டிருக்கிறார்கள். 1967-இல் 'ஸ்பீட் ரேசர்' அமெரிக்காவுக்கு வந்தபோது பீட்டர் ஃபெர்னாண்டஸ் என்ற ஒற்றை மனிதர் ஆங்கில வசனம் எழுதினார், டப்பிங்கை இயக்கினார், நாயகனுக்கும் முகமூடி அண்ணனுக்கும் தானே பேசினார், போதாக்குறைக்குத் தலைப்புப் பாட்டின் ஆங்கில வரிகளையும் எழுதினார். இந்தக் கிளிக்கு நான்கு அலகு போலும்.

போக்கெமானில் அரிசி உருண்டையை ஜெல்லி டோனட் என்று சொன்ன பழைய கூத்தையும், 'ஒன் பீஸ்' சஞ்சியின் சிகரெட்டை லாலிபாப்பாக மாற்றிய கோமாளித்தனத்தையும் அன்பர் சாட்சிக்கு இழுக்கிறார். குற்றம் உண்மை. செய்தது யார்? குழந்தைகளுக்கு விற்க வேண்டும் என்று கத்தரியைத் தூக்கிய விநியோக நிறுவனம். அவர்கள் கொடுத்த தாளில் இருந்ததைப் பேசியவர் கழுத்தில் பழியை மாட்டுவது, முதலாளியைப் பார்த்துக் குரைக்கத் துணியாதவர் வாட்ச்மேனைக் கடிப்பதற்குச் சமம்.

முதலாளி என்றதும் அன்பரின் கட்டுரையில் குரல் குழைந்துவிடுகிறது. 'ரசிகர் கூட்டங்களில் கையெழுத்துப் போட்டுக் காசு பார்க்கும் இவர்களுக்கு ஊதியக் குறை வேறா?' என்கிறார். இரண்டு பக்கத்துக்கு முன்னால் யாரும் மதிக்காத கிளிகள். இங்கே ரசிகர்கள் வரிசையில் நின்று கையெழுத்து வாங்கும் செல்லப்பிள்ளைகள். எது உண்மை என்று அவரே முடிவு செய்துகொள்ளட்டும். கையெழுத்து மேசையில் உட்கார வேண்டியிருப்பதே அறையில் கிடைக்கும் கூலி போதாததால்தான். 2022-இல் 'ஜுஜுட்சு கைசென் 0' வட அமெரிக்கத் திரையரங்குகளில் 3 கோடி டாலருக்கு மேல் வசூலித்தது. ஆங்கிலத்தில் பேசியவர்களில் ஒருவர் தனக்குக் கிடைத்ததாக வெளிப்படையாகச் சொன்ன தொகை 150 டாலர். பூஜ்யங்கள் எதுவும் விட்டுப்போகவில்லை, நூற்றைம்பதேதான்.

இதற்குக் காரணம் கலையின் தரமல்ல, தொழிலின் அமைப்பு. இந்த டப்பிங்கில் பெரும்பகுதி நடக்கும் டெக்சாஸில், வேலைக்காகச் சங்கத்தில் சேரும்படி யாரையும் கட்டாயப்படுத்த முடியாது. சங்கத்துக்கு வெளியே நடக்கும் பதிவுகளில் சங்கத்து நடிகர்கள் புனைபெயரில் பேசுவது அந்தத் தொழிலின் பழைய கதை. அன்பர் எச்சில் என்ற ஸ்டீவ் பிளம், 'கௌபாய் பீபாப்' பெயர்ப்பட்டியலில் டேவிட் லூக்கஸ் என்ற பெயரில்தான் இருக்கிறார். தன் வாழ்வின் மிகப் பெரிய பாத்திரத்தில் சொந்தப் பெயர் இல்லாத நடிகர்! 2022-இல் 'மாப் சைக்கோ 100' நாயகனின் குரலான கைல் மெக்கார்லி, சாக்-ஆஃப்ட்ரா என்னும் நடிகர் சங்கத்துடன் உட்கார்ந்து பேச நிறுவனம் சம்மதித்தால் போதும், இந்தப் பருவத்தைச் சங்க ஒப்பந்தம் இல்லாமலே செய்து தருகிறேன் என்றார். ஒப்பந்தம்கூட அல்ல, பேச்சுவார்த்தை மட்டும். அனிமே விநியோக நிறுவனமான க்ரஞ்சிரோல் மறுத்தது, பாத்திரம் வேறொருவருக்குப் போனது. அதற்கு முந்தைய ஆண்டுதான் அந்த க்ரஞ்சிரோலை சோனி 117.5 கோடி டாலருக்கு வாங்கியிருந்தது. வாங்கக் காசு இருந்தது. உட்கார்ந்து பேச நாற்காலிதான் இல்லை.

இவ்வளவுக்கும் பிறகு அன்பர் பூனையைப் பையிலிருந்து எடுத்து மேசையில் விடுகிறார்: 'செயற்கை நுண்ணறிவு வந்து இந்த இடைத்தரகர்களை ஒழிக்கட்டும்.' முதல் பக்கத்தில் மனிதத் தொண்டையின் ஆன்மாவுக்காக உருகியவர், கடைசிப் பக்கத்தில் எந்திரத்துக்கு ஆரத்தி எடுக்கிறார். 2025 இறுதியில் அமேசான் பிரைம் வீடியோ 'பனானா ஃபிஷ்' உள்ளிட்ட சில அனிமேக்களுக்கு எந்திரக் குரலில் ஆங்கில டப்பிங்கை ஏற்றியது. கேட்டவர்கள் காறித் துப்பினார்கள், சீக்கிரமே இறக்கிவிட்டார்கள். துப்பியவர்களில் சப்டைட்டில் பக்தர்களும் இருந்தார்கள் என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும். அவர்களுக்கு அன்பரைவிடக் காது இருக்கிறது. குரல் நடிப்பு கலையே அல்ல என்று முதலில் நிறுவ வேண்டும், பிறகு 150 டாலரும் அதிகம் என்று ஆகிவிடும், பிறகு அதையும் எந்திரம் மிச்சப்படுத்தும். தூய்மைவாதத்தின் பெயரில் எந்தக் கணக்குப்பிள்ளையின் வேலையை இவர் இலவசமாகச் செய்து கொடுத்திருக்கிறார் என்பது இப்போது தெரிகிறதா?

அடுத்த இதழில் மறுமொழி எழுதுவதாக ஆசிரியரிடம் அன்பர் சொல்லியிருக்கிறாராம். தாராளமாக எழுதட்டும். அதற்குள் ஒரே ஒரு அனிமேத் தொடரைச் சப்டைட்டிலை அணைத்துவிட்டு முழுதாகப் பார்த்து வரட்டும். கதை என்ன என்று அவர் வாயால் கேட்க எனக்கு ஆவலாக இருக்கிறது.