லெப்ட், ரைட் போட்டால் திருந்திவிடுவார்களா?

குட்டீஸ்... புதுக்கோட்டையில் ஒரு வித்தியாசமான பள்ளி இருக்கிறது. அதன் பெயர், பார்ஸ்டல் பள்ளி. அங்கே சேர அட்மிஷன் பாரம் போதாது. கோர்ட் உத்தரவு வேண்டும்! ஆமாம், குற்றம் செய்து தண்டனை பெற்ற, 18 முதல் 21 வயது வரையிலான இளைஞர்களுக்கான சிறைப் பள்ளி அது.

அதென்ன பார்ஸ்டல்? இங்கிலாந்தில் உள்ள ஒரு கிராமத்தின் பெயர். 'வயதில் சின்னவர்களைப் பெரிய குற்றவாளிகளோடு அடைத்தால், கெட்டதைத்தான் கற்றுக்கொள்வர். தனியாக வைத்து ஒழுங்கும், தொழிலும் கற்றுக் கொடுக்கலாம்' என்று 1902ல் அங்கே ஆரம்பித்தனர். நம் சென்னை மாகாணத்தில், 1925ல் இதற்கென்றே சட்டம் வந்தது.

'தப்பு செய்தவனுக்கு எதற்குப் பள்ளிக்கூடம்? அடியாத மாடு படியாது! மிலிட்டரி மாதிரி நாலு மாதம் வாட்டி எடுத்தால் தானாகத் திருந்துவான்' என்று பெரியவர்கள் சிலர் சொல்லக் கேட்டிருப்பீர்கள். இதை அமெரிக்காவில் செய்தே பார்த்துவிட்டனர்!

1983ல் ஜார்ஜியா, ஓக்லஹோமா மாநிலங்களில், 'பூட் கேம்ப்' எனும் முகாம்கள் துவங்கின. சிறைக்குப் பதிலாக, சில மாதங்கள் ராணுவப் பயிற்சி. விடிவதற்குள் எழ வேண்டும். லெப்ட், ரைட் நடை, தண்டால், ஓட்டம், நாள் முழுவதும் அதட்டல். முடித்தால் வீட்டுக்குப் போகலாம். சீக்கிரம் வெளியே விடுவதால் சிறைச் செலவும் மிச்சம் என நினைத்தனர். 1995ல், பெரியவர்களுக்கு மட்டுமே 75 முகாம்கள் இருந்தன.

பலன் இருந்ததா? அதை எப்படிக் கண்டுபிடிப்பது? முகாமுக்குப் போனவர்கள் ஒரு பக்கம், சாதாரண சிறைக்குப் போனவர்கள் மறு பக்கம். வெளியே வந்தபின், யார் அதிகமாக மறுபடியும் பிடிபட்டனர் என்று எண்ணிப் பார்த்தனர். 2003ல் அமெரிக்க நீதித்துறையின் ஆய்வு நிறுவனம் முடிவைச் சொன்னது: பெரிதாக எந்த வித்தியாசமும் இல்லை!

ஏன் அப்படி? உங்கள் வகுப்பையே நினைத்துப் பாருங்கள். லீடர் போர்டில் பெயர் எழுதும்வரை அமைதி. அவன் வெளியே போனதும் சந்தைக்கடை! அதேதான் அங்கேயும். முகாமில் அதட்ட ஆள் இருந்தார். வெளியே வந்தால் அதே தெரு, அதே கூட்டாளிகள், கையில் வேலை இல்லை. லெப்ட், ரைட் போடத் தெரிந்தவனுக்கு யார் சம்பளம் தருவார்?

அதட்டல் எல்லை மீறியதும் உண்டு. 2006ல் புளோரிடா முகாம் ஒன்றில், காவலர்கள் பலவந்தப்படுத்திய மறுநாளே 14 வயது சிறுவன் ஒருவன் இறந்து போனான். அந்த ஆண்டே அம்மாநிலம் பூட் கேம்ப்களை மூடியது.

ஆனாலும், சில முகாம்கள் ஓரளவு பலன் தந்தன. எவை தெரியுமா? படிப்பும், ஆலோசனையும் அதிகம் தந்து, வெளியே வந்த பிறகும் அக்கறையோடு கவனித்த முகாம்கள்!

அப்படியானால் பார்ஸ்டல் பள்ளிதான் சரியா? அவசரப்படாதீர்கள். இங்கிலாந்திலேயே பிற்காலத்தில், அங்கிருந்து வெளியேறியவர்களில் பாதிக்கும் மேற்பட்டோர் மீண்டும் குற்றத்தில் சிக்கினர். 1982ல் சட்டம் போட்டு பார்ஸ்டலுக்கு முடிவு கட்டினர். ஆக, வாசலில் 'பள்ளி' என்று எழுதினால் மட்டும் போதாது. உள்ளே என்ன கற்றுக் கொடுக்கிறோம், வெளியே வந்தவுடன் யார் கை கொடுக்கிறார் என்பதுதான் முக்கியம்.

புதுக்கோட்டை பள்ளியில் இருக்கும் அண்ணன்களும் ஒருநாள் வெளியே வருவர். நம் ஊர்களில்தான் வசிப்பர். அன்று அவர்கள் கையில் ஒரு தொழில் இருக்க வேண்டுமா, மனதில் கோபம் இருக்க வேண்டுமா? யோசித்துப் பாருங்கள் குட்டீஸ்!