மக்கள் கேட்டார்களா?

படத்தொழில் சீர்கெட்டு வருகின்றது என்று யார் எப்பொழுது எடுத்துச் சொன்னாலும், அத்தொழிலை நடத்துகின்ற முதலாளிமார் ஆயத்தமாக ஒரு விடையை வைத்திருக்கின்றனர். ஜனங்கள் எதைக் கேட்கின்றார்களோ அதையே தாங்கள் கொடுப்பதாகவும், குறை இருந்தால் ஜனங்களிடம் போய்ச் சொல்லுமாறும் அவர்கள் கூறுவர். ஹாலிவுட்டில் இதுவே பேச்சு. சென்னையிலும் பம்பாயிலும் இதுவே பேச்சு. நம்மில் படித்தவர் என்று பெயர் பெற்ற சிலரும் இதை வேதவாக்காகக் கொண்டு, பாமர மக்களுக்கு ரசனை வாராதவரை படமும் இப்படித்தான் இருக்கும் என்று உதட்டைப் பிதுக்குகின்றனர்.

இக்கூற்று பொய் என்பதே நம் கட்சி. ஜனங்கள் வாய் திறப்பதற்கு முன்னரே, அவர்கள் எதைக் கேட்கக்கூடும் என்பது வேறோர் இடத்தில் முடிவு செய்யப்பட்டு விடுகின்றது. பழைய தோட்ட வாழ்க்கையை அறிந்தவர்களுக்கு இதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை. பட்டணம் பத்துக் கல் தொலைவு; தோட்டத்துக்குள் ஒரே கடை; கையில் காசில்லாதபோது கணக்குப் புத்தகத்தில் எழுதிச் சாமான் வாங்கலாம்; சம்பள நாளன்று கடைக்காரர் முதலில் பிடித்துக்கொள்வார். அவர் கடையில் ஒரே அரிசி, ஒரே கருவாடு. "எங்கள் தோட்டத்து ஜனங்களுக்கு இந்த அரிசியென்றால் உயிர்" என்று அக்கடைக்காரர் பெருமை பேசியிருந்தால் லயத்திலுள்ளோர் சிரித்திருப்பார்களா, மாட்டார்களா? உலகப் படத்தொழிலின் கணக்கும் இதுவேயாம். கடை பெரிது, விளக்குகள் அதிகம் என்பதே வேறுபாடு.

கொட்டகை யாருடையதோ கதையும் அவருடையதே என்பதை அமெரிக்க நாட்டின் உச்ச நீதிமன்றமே ஒருமுறை ஒப்புக்கொண்டது. பாரமவுண்ட், மெட்ரோ கோல்ட்வின் மேயர், வார்னர், பாக்ஸ், ஆர்.கே.ஓ. ஆகிய ஐந்து பெருங் கம்பெனிகள் அந்நாளில் படத்தைத் தாமே எடுத்து, தாமே ஊர்களுக்கு அனுப்பி, தமக்குச் சொந்தமான கொட்டகைகளில் தாமே காட்டி வந்தன. பிறருடைய கொட்டகைக்குப் படம் கொடுக்கும்போது ஒரு சூழ்ச்சி செய்தன. நல்ல படம் ஒன்று வேண்டுமானால் அதனோடு சேர்த்துப் பல உதவாப் படங்களையும், எடுத்து முடிக்கப்படாத படங்களையுங்கூடக் கண்ணை மூடிக்கொண்டு ஒப்புக்கொள்ள வேண்டும் என்றன. ஒரு படி நல்லரிசிக்கு நாலு படி புழுத்த அரிசி! 1948ஆம் ஆண்டு மே மாதம் 3ஆம் நாள் நீதிமன்றம் இம்முறை சட்டத்துக்கு மாறானதென்று தீர்ப்பளித்தது. அதன் விளைவாகக் கம்பெனிகள் கொட்டகைகளை விற்றுப் பிரிய நேர்ந்தது. அதற்கு முன்பு அந்நாட்டு மக்கள் வாரந்தோறும் பார்த்த உதவாப் படங்களையெல்லாம் அவர்களா கேட்டார்கள்?

நடிகர்களின் நிலையும் அந்நாளில் மேலானதாக இல்லை. ஒலிவியா டி ஹாவிலாண்ட் என்னும் புகழ் பெற்ற நடிகை, தமக்குப் பிடியாத வேடங்களை ஏற்க மறுத்தபோது, வார்னர் கம்பெனியார் அவரைச் சம்பளமின்றி நிறுத்தி வைத்து, நின்ற நாள்களை ஒப்பந்தத்தின் ஏழாண்டுக் காலத்தோடு கூட்டிக்கொண்டே போனார்கள். 1944ஆம் ஆண்டில் அவர் வழக்காடி வென்றார். ஏழாண்டென்றால் நாட்காட்டியின்படி ஏழாண்டே என்று கலிபோர்னியா நீதிமன்றம் சொல்லிற்று. நம் பாட்டன்மார் ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேறி வந்த காலத்தில், வேலைக்கு வராத நாள்களைச் சீட்டுக் காலத்தோடு கூட்டிய துரைமாரின் தந்திரமும் இதுவே. பட்டுடுத்திய நடிகைக்கும் பால்மரம் வெட்டிய கூலிக்கும் ஒரே கணக்குப் பிள்ளை போலும்!

நிற்க. 1948ஆம் ஆண்டின் தீர்ப்பை அடியொற்றி வந்த கட்டுப்பாடுகள், காலம் மாறிவிட்டதென்ற காரணத்தால் 2020ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில் நீக்கப்பட்டன. காலம் எவ்வாறு மாறிற்று என்பதைச் சிறிது பார்ப்போம்.

1975ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் ஸ்டீவன் ஸ்பீல்பர்க் எடுத்த "ஜாஸ்" என்னும் சுறாமீன் படம் அமெரிக்காவில் ஒரே நாளில் 400க்கும் மேற்பட்ட கொட்டகைகளில் வெளியாயிற்று. அதற்கு முன்னால் மதிப்புள்ள படமென்றால் சில பெரிய நகரங்களில் தொடங்கி, பார்த்தவர் வாய்ச்சொல்லால் ஊர் ஊராகப் பரவுவதே பெரும்பாலும் வழக்கம். ஜாஸ் படத்துக்கோ தொலைக்காட்சியில் பெரும்பணம் கொட்டி முன்கூட்டியே முரசறைந்தனர். படம் நல்ல படமே; அதனை நாம் குறை சொல்ல வரவில்லை. ஆனால் முதலாளிகள் அதிலிருந்து கற்ற பாடம் வேறு. நாடெங்கும் ஒரே நாளில் திரையைப் பிடித்துக்கொண்டால், படம் நன்றா தீதா என்று அண்டை வீட்டார் சொல்வதற்குள் முதல் வாரத்து வசூல் பெட்டிக்குள் வந்துவிடும் என்பதே அப்பாடம். 2019ஆம் ஆண்டில் "அவெஞ்சர்ஸ்: எண்ட்கேம்" வெளியானபோது அமெரிக்காவிலும் கனடாவிலும் மட்டும் 4,600க்கு மேற்பட்ட கொட்டகைகள் அதற்குத் திறந்துவிடப்பட்டன. அந்த வாரத்தில் வேறு படம் பார்க்க விரும்பியவன் எங்கே போவான்?

இவ்வாறு நாடெங்கும் திரையைப் பிடிக்க வேண்டுமானால் முரசறையப் பெரும்பணம் வேண்டும். பெரும்பணம் போடுகிறவன் புதிய கதைக்கு அஞ்சுவான். ஜனங்கள் முன்னமே பெயரறிந்த பொருளையே அவன் தேடுவான். ஆகையால் கதை எழுதுவதைவிடக் கதைக்குச் சொந்தமான கம்பெனியை வாங்குவதே இலாபமென்று டிஸ்னி கம்பெனி கண்டது. 2006ஆம் ஆண்டில் பிக்சாரை 740 கோடி டாலருக்கும், 2009இல் மார்வெலை 400 கோடி டாலருக்கும், 2012இல் லூகாஸ்பிலிமை 405 கோடி டாலருக்கும் வாங்கியது. 2019இல் பாக்ஸ் கம்பெனியின் பெரும்பகுதியையே 7,130 கோடி டாலருக்கு விழுங்கிற்று. அதே 2019இல் வெளியான டிஸ்னி படங்களுள் ஏழு, ஒவ்வொன்றும் 100 கோடி டாலருக்கு மேல் வசூல் செய்தன. அவ்வேழில் பழைய படத்தின் தொடர்ச்சியோ, பழைய சித்திரப் படத்தின் மறுபதிப்போ, சித்திரக் கதைப் புத்தகத்திலிருந்து எடுத்ததோ அல்லாத புதுக் கதை ஒன்றாகிலும் உண்டா? ஒன்றுமில்லை.

"ஜனங்கள் போய்ப் பார்த்தார்களே, அதனால்தானே வசூல்?" என்று கேட்பவர் உண்டு. பார்த்தார்கள், மறுக்கவில்லை. 2023ஆம் ஆண்டில் அதே ஜனங்கள், அணுகுண்டு செய்த விஞ்ஞானி ஒருவரைப் பற்றிய மூன்று மணி நேரப் படமாகிய "ஓப்பன்ஹைமர்" என்பதற்கு 95 கோடி டாலருக்கு மேல் கொடுத்தார்கள். அதில் பாதிக்குமேல் அறைக்குள் உட்கார்ந்து பேசும் பேச்சே. அதே ஆண்டு நவம்பரில் வந்த "தி மார்வெல்ஸ்" என்னும் படத்தையோ அவர்கள் ஏறெடுத்தும் பாராமையால், அது அந்நாள்வரை வந்த மார்வெல் திரைப்பட வரிசை அனைத்திலும் குறைந்த வசூலைப் பெற்றது. ஆகவே ஜனங்களுக்குப் புத்தி உண்டு. அகன்ற திரையும் போதிய நாளும் கொடுத்தால் கடினமான படத்தையும் பார்ப்பார்கள். கொடுப்பார் இல்லாமையே குறை.

கொடாதது மட்டுமா? எடுத்து முடித்த படத்தைப் புதைப்பதும் நடக்கின்றது. 2022ஆம் ஆண்டு ஆகஸ்டில் வார்னர் பிரதர்ஸ் டிஸ்கவரி கம்பெனியார், ஏறத்தாழ 9 கோடி டாலர் செலவில் பெரும்பாலும் முடிவடைந்துவிட்ட "பேட்கேர்ல்" என்னும் படத்தை எந்தத் திரையிலும் காட்டுவதில்லையென்று முடிவு செய்தனர். காட்டி வருவதைவிட, நஷ்டமென்று கணக்கெழுதி வரியில் கழித்துக்கொள்வதே ஆதாயம் என்பது அப்பொழுது சொல்லப்பட்ட காரணம். நடித்தவர், ஒளிப்பதிவு செய்தவர், தைத்தவர், தச்சர் முதலிய பல நூறு பேரின் உழைப்பு ஒரு கணக்குப் புத்தகத்தின் ஒரு வரியில் மறைந்தது. படம் நல்லதா கெட்டதா என்று நமக்குத் தெரியாது. யாருக்கும் தெரியக்கூடாதென்பதே ஏற்பாடு. ஜனங்கள் கேட்டதைத்தான் கொடுக்கின்றோம் என்போர் இதற்கு என்ன விடை சொல்வர்? புதைக்கச் சொல்லி எந்த ஜனங்கள் கேட்டார்கள்?

இனி, வீட்டுக்குள்ளேயே படம் அனுப்பும் கம்பெனிகளின் காலம். 1998ஆம் ஆண்டில் தபால் வழியாகப் படத் தட்டுகளை வாடகைக்கு விடத் தொடங்கிய நெட்பிளிக்ஸ், 2007இல் இணைய வழியாகப் படங்காட்ட ஆரம்பித்து, சில ஆண்டுகளில் தானே படமெடுக்கலாயிற்று. எடுப்பவர், அனுப்புபவர், காட்டுபவர் மூவரும் ஒருவரே. 1948இல் நீதிமன்றம் பிரித்து வைத்த மூன்றும் ஒரு பெட்டிக்குள் மறுபடியும் சேர்ந்தன. இதில் ஒரு வேடிக்கை உண்டு. கொட்டகையிலாவது சீட்டுக் கணக்கு உண்டு. இன்ன படத்தை இவ்வளவு பேர் பார்த்தனர் என்று ஊரறியும். இக்கம்பெனிகளோ எந்தப் படத்தை எத்தனை பேர் பார்த்தனர் என்பதைப் பல ஆண்டுகள் வெளியே சொல்லாமலே வைத்திருந்தன. எழுதினவருக்கே சொல்வதில்லை. ஜனங்களின் விருப்பத்தைத் தலைமேல் வைத்துத் தாங்குவோர், அவ்விருப்பத்தின் கணக்கை மட்டும் ஏன் இரும்புப் பெட்டியில் பூட்டுகின்றனர்?

காரணம் வெளிப்படை. ஒரு படம் மறுபடி மறுபடி காட்டப்படுந்தோறும் எழுதியவருக்கும் நடித்தவருக்கும் ஒரு பங்குக் காசு சேர வேண்டுமென்ற உரிமையை அமெரிக்கப் படத் தொழிலாளர் போராடியே பெற்றனர். 1960ஆம் ஆண்டில் எழுத்தாளரும் நடிகரும் ஒரே காலத்தில் வேலைநிறுத்தம் செய்தனர். அந்நாளில் நடிகர் சங்கத் தலைவராக நின்று போராடியவர் ரொனால்டு ரீகன். பிற்காலத்தில் அந்நாட்டு அதிபராகித் தொழிற்சங்கங்களை அவர் நடத்திய விதம் வேறு கதை. கணக்குத் தெரிந்தால் பங்கு கேட்பார்கள்; ஆகையால் கணக்கே இல்லை என்பது புதிய முதலாளிகளின் உபாயம்.

2023ஆம் ஆண்டில் இது வெடித்தது. மே மாதம் 2ஆம் நாள் 11,500 எழுத்தாளர்கள் எழுதுகோலைக் கீழே வைத்து 148 நாள் நின்றார்கள். ஜூலை 14இல் சுமார் 1,60,000 பேர் கொண்ட நடிகர் சங்கமும் சேர்ந்து 118 நாள் நின்றது. 1960க்குப் பிறகு இருசாராரும் ஒருங்கே நின்றது அதுவே முதல் முறை. கோடீசுவர நடிகர் சிலரின் படங்களையே பத்திரிகைகள் போட்டதால், இது பணக்காரர் சண்டையென்று நம்மவர் பலர் எண்ணினர். கூட்டத்தில் ஒருவராக நின்று நாட்கூலி வாங்குபவரும், அடுத்த மாத வாடகைக்கு வழி தெரியாத இளம் எழுத்தாளருமே அச்சங்கங்களில் பெரும்பான்மையோர். துணை நடிகர் ஒருவரின் உருவத்தை இயந்திரத்தில் ஒருமுறை பதிந்துகொண்டு, பின்பு அவரையின்றியே அவ்வுருவத்தை ஆட்டிவைக்க முடியுமென்ற நிலை வந்துவிட்டது. சம்மதமும் ஊதியமுமின்றி அவ்வாறு செய்யலாகாதென்றும், இயந்திரம் எழுதியதை எழுத்தாளர் படைப்பாகக் கொள்ளலாகாதென்றும் அவர்கள் ஒப்பந்தம் பெற்றனர். எத்தனை மணி நேரம் பார்க்கப்பட்டதென்ற கணக்கைச் சங்கத்துக்கு இரகசியமாகவேனும் காட்ட வேண்டுமென்ற விதியையும் எழுத்தாளர் பெற்றனர். இரும்புப் பெட்டி ஒரு விரற்கடை திறந்தது.

வேறு நாடுகளில் வழியே இல்லையா? பிரான்சு தேசத்தில் விற்கும் ஒவ்வொரு சினிமாச் சீட்டிலிருந்தும் 10.72 விழுக்காடு எடுத்து, படத்தொழிலுக்கென்றே ஒரு பொது நிதியில் சேர்க்கின்றனர். அமெரிக்கப் படத்துக்கு வாங்கிய சீட்டும் பிரெஞ்சுப் படம் எடுக்க உதவுகின்றது. கொரியாவில் ஒவ்வொரு கொட்டகையும் ஆண்டில் இத்தனை நாள் சுதேசப் படம் காட்டியே தீரவேண்டுமென்று சட்டம் உண்டு. முன்பு 146 நாளாக இருந்ததை, அமெரிக்காவோடு வர்த்தக உடன்படிக்கை பேசும்பொருட்டு 2006இல் 73 நாளாகக் குறைத்தபோது, அந்நாட்டு நடிகரும் இயக்குநரும் வீதியில் இறங்கிப் போராடினர். அந்த மண்ணிலிருந்தே "பாரசைட்" என்னும் படம் 2019இல் பிரான்சின் கான் விழாவில் முதற்பரிசையும், 2020இல் ஆஸ்கார் விழாவில் சிறந்த படத்துக்கான பரிசையும் பெற்றது. ஆங்கிலமல்லாத மொழிப் படமொன்று அப்பரிசைப் பெற்றது அதுவே முதல் தடவை. கொரியாவைச் சொர்க்கமென்று நாம் சொல்லவில்லை. பாரசைட்டுக்குப் பணம் போட்ட குழுமத்துக்கே அங்கு மிகப் பெரிய கொட்டகை வரிசையும் சொந்தம். ஏழை பணக்காரன் பேதத்தைப் பற்றிய படத்தைப் பணக்காரன் காட்டி இலாபம் பெற்றான் என்பதும் உண்மையே.

நம் ஊர்க் கதைக்கு வருவோம். சிங்கப்பூர் ஜாலான் அம்பாஸில் ஷா சகோதரர்கள் நடத்திய படசாலையில் 1947 முதல் 1967 வரை மலாய்ப் படங்கள் எடுக்கப்பட்டன. கொட்டகைகளும் அவர்களுடையவையே. இந்தியாவிலிருந்து வந்த பி. எஸ். ராஜ்ஹன்ஸ், பி. என். ராவ் முதலியோரும், 1950இல் "பக்தி" படத்தில் பி. ரம்லியை முதன்முதல் கதாநாயகனாக்கிய எல். கிருஷ்ணனும் அங்கு இயக்கினார்கள். மாதச் சம்பளத்துக்கு நடிகரை வைத்து, பாடவும் ஆடவும் சொல்லி வரிசையாகப் படமெடுத்த முறை ஹாலிவுட்டின் அச்சே. 1957ஆம் ஆண்டில் ஊதியங் கேட்டதையொட்டி ஐவர் வேலைநீக்கப்பட, பெர்சமா என்னும் மலாய்க் கலைஞர் சங்கத்தார் வேலைநிறுத்தஞ் செய்தனர். இன்று ரம்லியின் பாட்டைக் கேட்டு உருகுவோர், அச்சங்கத்தை அமைப்பதில் அவர் முன்நின்றதை எண்ணிப் பார்க்கின்றனரா?

2015ஆம் ஆண்டு டிசம்பரில் "ஜகாட்" என்னும் படம் மலேசியாவில் வெளியாயிற்று. சஞ்ஜெய் குமார் பெருமாள் இயக்கியது; பேசுவது தமிழ்; தோட்டத்தை விட்டு வெளியேறிப் புறம்போக்குக் குடியிருப்பில் ஒதுங்கிய குடும்பத்துச் சிறுவன் ஒருவனின் கதை. நம் கதை, அன்பர்களே! நம்மில் எத்தனை பேர் வீட்டில் அச்சிறுவன் இருந்தான்! 2016இல் நடந்த மலேசியத் திரைப்பட விழாவில், படங்களை மொழியைக் கொண்டு பிரிப்பதா என்று பெரும் வாதம் எழுந்த நடுவே, சிறந்த மலேசியப் படம் என்ற விருது அதற்குக் கிடைத்தது. கடல் கடந்து வரும் நட்சத்திரப் படத்துக்கு ஒரே கட்டடத்தில் நாலைந்து திரை ஒதுக்கும் வியாபாரத்தில், இத்தகைய படத்துக்கு எத்தனை திரை, எத்தனை நாள், எந்த வேளை? நடுப்பகலில், உழைப்பவன் வரமுடியாத வேளையில் காட்டிவிட்டு, ஆள் வரவில்லை என்று வியாழக்கிழமை எடுத்துவிட்டால் அது ஜனங்களின் தீர்ப்பாகுமா?

நம்மவர் மீதும் குற்றம் இல்லாமலில்லை. நடிகனின் அட்டைப் படத்துக்குப் பாலூற்றி, விடியுமுன் வரிசையில் நின்று, அவன் முதல் வாரத்து வசூலைத் தன் வீட்டுச் சம்பளம்போல் கணக்குச் சொல்லும் இளைஞனை நாமும் காண்கின்றோம். அவன் முதலாளிக்குச் சம்பளமில்லாத முரசறைவோன். ஆயினும் அவன் அவ்வாறானதற்கு அவனுடைய மூடத்தனம் மட்டுமே காரணமென்று சொல்லி முதலாளியைத் தப்பவிட நாம் இணங்கோம். அவன் கண்முன் வேறெதனை வைத்தார்கள்?

ஆகவே படவிநியோக முதலாளிகளையும் கொட்டகை முதலாளிகளையும் நாம் ஒன்று கேட்கின்றோம். இந்நாடுகளில் தமிழில் எடுக்கப்படும் ஒவ்வொரு படத்துக்கும் எத்தனை திரை கொடுத்தீர்கள், எந்த வேளை கொடுத்தீர்கள், எத்தனையாம் நாள் எடுத்தீர்கள், வெளிநாட்டு நட்சத்திரப் படத்துக்கு எவ்வளவு கொடுத்தீர்கள் என்ற கணக்கை ஆண்டுக்கு ஒருமுறை பத்திரிகைகளில் வெளியிடுங்கள். அக்கணக்கைக் கையில் வைத்துக்கொண்டு, ஜனங்கள் கேட்டார்களா இல்லையா என்று உங்களோடு பேச நாம் ஆயத்தமாக இருக்கின்றோம்.