சிறுவர்க்கு விஞ்ஞானியர் வரலாறு: விடுபட்டுப் போகும் பக்கங்கள்

வானையும் விண்வெளியையும் ஆராய்ந்த பெண்மணிகளைப் பற்றிச் சிறுவர்க்கென எழுதப்படும் நூல்கள் அண்மை ஆண்டுகளில் பெருகியுள்ளன. இது வரவேற்கத் தக்கதே. பெங்களூரிலுள்ள இந்திய விஞ்ஞான அகாடமி 2008-ஆம் ஆண்டில் ஏறத்தாழ நூறு இந்தியப் பெண் விஞ்ஞானிகளின் வரலாறுகளைத் தொகுத்து, பாஸ்கரரின் லீலாவதியை நினைவூட்டும் பெயரோடு ஆங்கிலத்தில் வெளியிட்டது. பின்னர் இளம் வாசகர்க்கான நூல்களும் வந்தன. எனினும், பள்ளிகளில் வழங்கும் சிறு வரலாறுகளிற் பல ஒரே அச்சில் வார்த்தவையாகவே உள்ளன. இளமையில் வியப்பூட்டும் ஒரு நிகழ்ச்சி, இடையில் 'முதற் பெண்மணி' என்னும் பட்டம், இறுதியில் விருதுகளின் வரிசை. அந்த விஞ்ஞானி நாள்தோறும் செய்த வேலைதான் யாது என்று ஒரு சிறுமி வினவினால், புத்தகத்தில் விடை இராது.

அன்னா மணியின் வரலாற்றை எடுத்துக்கொள்வோம். 1918-இல் பீர்மேட்டில் பிறந்த அவர், எட்டாம் பிறந்தநாளன்று குடும்ப வழக்கப்படி அளிக்கப்பட்ட வைரத் தோடுகளை மறுத்து, பிரிட்டானிகா கலைக்களஞ்சியம் வேண்டுமெனக் கேட்டார். இச்செய்தி எல்லா நூல்களிலும் இடம்பெறுகிறது. சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்றபின், 1940-இல் அவர் பெங்களூர் இந்திய விஞ்ஞானக் கழகத்தில் சர் சி. வி. இராமனிடம் ஆராய்ச்சி மாணவியாகச் சேர்ந்தார். ஆங்கு அவருக்குக் கிடைத்த ஆராய்ச்சிப் பொருளும் வைரமே! முப்பதுக்கும் மேற்பட்ட வைரங்களின் நிறமாலைகளை அவர் பதிவு செய்தார். கல்லைத் திரவக் காற்றின் குளிரில் வைத்து, அதிலிருந்து வரும் மங்கிய ஒளி புகைப்படத் தகட்டிற் படிவதற்குப் பதினைந்து முதல் இருபது மணி நேரம் காத்திருத்தல் வேண்டும். இரவெல்லாம் ஆய்வுக்கூடத்திலேயே கழியும். தோட்டை மறுத்த நிகழ்ச்சி ஒரு நாளில் முடிந்தது. இந்தக் காத்திருப்போ ஆண்டுக் கணக்கில் நீடித்தது. சிறுவர் நூல் எழுதுவோர் முன்னதற்கு ஒரு பக்கமும் பின்னதற்கு அரை வரியும் ஒதுக்குவது முறையன்று.

1942 முதல் 1945 வரை அவர் தனித்து எழுதிய ஐந்து கட்டுரைகள் வெளிவந்தன. 1945-இல் டாக்டர் பட்டத்திற்கான ஆய்வேட்டைச் சென்னைப் பல்கலைக் கழகத்திற்குச் சமர்ப்பித்தார். எம்.எஸ்ஸி. பட்டம் இல்லை என்ற காரணத்தால் பட்டம் மறுக்கப்பட்டது. அந்த ஆய்வேடு பட்டம் பெற்ற மற்றவர்களின் ஏடுகளோடு பெங்களூர் இராமன் ஆராய்ச்சி நிலைய நூலகத்தில் சேர்ந்தது. இச்செய்தியைக் குழந்தைகளுக்குச் சொல்வது ஊக்கத்தைக் கெடுக்கும் என்று கருதுவோர் உளர். அக்கருத்து ஏற்கத் தக்கதன்று. தேர்விலோ விண்ணப்பத்திலோ ஒருமுறை தடைப்பட்ட மாணவிக்கு, தடையே காணாத வரலாறு எவ்வகையில் துணையாகும்? எனினும் இதனை ஒரு கண்ணீர்க் கதையாக்குதலும் தவறு. பட்டம் இல்லாமையால் தம் வாழ்வில் பெரிய வேறுபாடு நேரவில்லை என்றே அன்னா மணி பிற்காலத்திற் கூறினார். மறுப்பு நிகழ்ந்ததையும் அவர் அதைக் கருதிய விதத்தையும் உள்ளபடி சொன்னாற் போதும்.

பின்னர் இங்கிலாந்தில் வானிலைக் கருவிகளைப் பயின்று, 1948-இல் புணேயில் வானிலை இலாகாவின் கருவிப் பிரிவிற் சேர்ந்தார். எளிய கருவிகளையும் வெளிநாட்டிலிருந்து வரவழைத்த காலம் அது. ஏறத்தாழ நூறு வகைக் கருவிகளின் வரைபடங்களை அவர் செம்மைப்படுத்தி, உள்நாட்டிலேயே அவற்றைச் செய்ய வழி வகுத்தார். 1963-இல் தும்பா ஏவுதளத்தின் வானிலை ஆய்வு நிலையத்தையும் கருவிக் கோபுரத்தையும் அமைத்தவரும் அவரே. காற்றின் திசையும் வேகமும் அறியாமல் ராக்கெட்டை ஏவ இயலாது.

இக்குறை பழைய வரலாறுகளுக்கு மட்டும் உரியதன்று. 2014 செப்டம்பர் 24-ஆம் நாள் மங்கள்யான் செவ்வாயின் சுற்றுப்பாதையை அடைந்தபோது, பெங்களூரில் பட்டுச் சேலையணிந்த பெண்கள் மகிழ்ந்து நிற்கும் புகைப்படமொன்று உலகெங்கும் பரவியது. அவர்கள் விஞ்ஞானிகள் என்றே கருதப்பட்டனர். அவர்கள் நிர்வாகப் பணியாளர் எனப் பின்னர் இஸ்ரோ விளக்கிற்று. அத்திட்டத்தில் பெண் விஞ்ஞானிகள் இல்லாமலில்லை. நந்தினி ஹரிநாத், ரித்து கரிதால் ஆகியோர் செயற்பாட்டுத் துணை இயக்குநர்களாய் இருந்தனர். அன்று செவ்வாயிலிருந்து ஒரு செய்தி பூமியை அடையப் பன்னிரண்டு நிமிஷங்களுக்கு மேலாயிற்று. ஆதலின் கலம் தன் பழுதைத் தானே கண்டு திருத்திக்கொள்ள வேண்டும். அந்த ஏற்பாடு எவ்வாறு செய்யப்பட்டது என்பதன்றோ சிறுவர்க்குச் சொல்ல வேண்டிய கதை! படமோ சேலையின் நிறத்தையே காட்டிற்று.

இவ்விஷயத்தில் நூலாசிரியர்களைவிட வானிலை நிலையங்களின் களப்பணியாளர் நல்ல நிலையில் உள்ளனர். கண்ணாடிக் கோள வெயில் பதிவுக் கருவி உள்ள நிலையத்திற்கு ஆசிரியர் தம் மாணவரை அழைத்துச் சென்றால், சூரியன் அட்டையில் எரித்துச் சென்ற கோட்டை அவர்கள் கண்ணாற் காணலாம். 1957–58 சர்வதேச பூபௌதிக ஆண்டில் சூரியக் கதிர்வீச்சை அளக்க அன்னா மணி நாடெங்கும் நிலையங்களை அமைத்த வரலாற்றை அவ்விடத்தில் நின்றே தொடங்கலாம். பெங்களூர் பிரதம் புக்ஸ் நிறுவனத்தார் அவரைப் பற்றிய படப் புத்தகமொன்றை வெளியிட்டுள்ளனர். மூல ஆசிரியர் பெயரைக் குறித்து, எவரும் அதனை மொழிபெயர்க்கவும் மாற்றி எழுதவும் இசைவு உண்டு. உள்ளூர் நிலையத்தின் கருவிகளைப் பற்றிய இரண்டொரு பக்கங்களை ஆசிரியரும் பணியாளரும் கூடி எழுதி அதனோடு சேர்த்துக்கொள்ளத் தடையில்லை.