அண்ணாச்சியின் கேள்வியும் நமது கேள்வியும்

கேள்வி கேட்பது என்பது நம் நாட்டில் வெகுகாலம் பாவமாக இருந்து வந்த காரியமாகும். சாஸ்திரத்தைக் கேட்டால் நாஸ்திகன், குருவைக் கேட்டால் துரோகி, தகப்பனைக் கேட்டால் அடங்காப்பிடாரி என்று பெயர் வாங்க வேண்டியிருந்தது. அப்பேர்ப்பட்ட நாட்டில் ஒரு சிரிப்பு நடிகர், தெருவில் போகிறவர்களை நிறுத்திக் கேள்வி கேட்டு, அதனாலேயே பேரும் புகழும் அடைந்தார் என்றால் அது கவனிக்கத்தக்க சங்கதியேயாகும். தோழர் இமான் அண்ணாச்சி அவர்களைத்தான் சொல்லுகிறோம்.

ஆதித்யா தொலைக்காட்சியில் “சொல்லுங்கண்ணே சொல்லுங்க” என்ற நிகழ்ச்சியில் அவர் திருநெல்வேலிப் பேச்சு மாறாமல் கேள்வி கேட்டார். பிறகு சன் தொலைக்காட்சியின் “குட்டி சுட்டீஸ்” நிகழ்ச்சியில் சிறு பிள்ளைகளோடு பேசினார். “கோலி சோடா” (2014) முதலிய படங்களில் நடித்தார். 2021இல் “பிக் பாஸ்” வீட்டுக்கும் போய் வந்தார். அக்கிரகாரத்துப் பேச்சையும் பண்டிதர் நடையையுமே உயர்ந்ததென்று எண்ணியிருந்த நாட்டில், ஊர்ப்பேச்சுக்காரர் ஒருவர் அப்பேச்சாலேயே உயர்ந்தது நமக்கு மிகவும் சந்தோஷமே. அந்த நிகழ்ச்சியின் பெயரையும் பாருங்கள். விடை தெரிந்தவன் தெரியாதவனை “அண்ணே” என்கிறான். “சொல்லு” என்னாமல் “சொல்லுங்க” என்கிறான். நமது வாத்தியார்களில் எத்தனை பேரிடம் இந்த மரியாதை உண்டு?

நிற்க, நமக்குள்ள ஆட்சேபணை என்னவென்றால், சிரிப்பு யாரைப் பார்த்து என்பதேயாகும். இப்படிப்பட்ட நிகழ்ச்சிகளில் சரியான விடைக்குச் சிரிப்பு வருவதில்லை. தப்பான விடைக்கே வருகிறது. தப்பு விடை சொல்லுகிறவர் பெரும்பாலும் யார்? பள்ளிக்கூடத்து வாசலைப் பார்க்க வழியில்லாமல் செய்யப்பட்டவரின் பிள்ளையும் பேரனுமேயல்லவா?

சமீபத்தில் நாம் கொல்லிமலைக்குப் போயிருந்தோம். 70 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து மேலே ஏறி, செம்மேட்டில் ஒரு டீக்கடையில் உட்கார்ந்திருந்தோம். கீழ்நாட்டிலிருந்து காரில் வந்த வாலிபர்கள் சிலர் கைப்பேசியில் இதுபோன்ற கேள்வி நிகழ்ச்சி ஒன்றைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். பக்கத்திலிருந்த மலைவாசிப் பெரியவர் ஒருவரிடம் அதே கேள்வியைக் கேட்டார்கள். அவர் தெரியாதென்றார். அதற்கும் சிரித்தார்கள். பெரியவர் கோபிக்கவில்லை. “சாமைப் பயிரையும் பனிவரகுப் பயிரையும் எப்படிப் பிரிச்சுக் கண்டுபிடிப்பீங்க, சொல்லுங்க தம்பி” என்றார். ஒருவருக்கும் வாய் திறக்கவில்லை. அவர் சிரிக்கவுமில்லை, டீயைக் குடித்துவிட்டு எழுந்து போனார்.

இதில் யார் அறிவில்லாதவர்? சோறு விளைவிக்கும் அறிவு பொது அறிவில் சேராதாம். பஞ்சபாண்டவரில் மூன்றாமவன் யார், ராமனுக்குத் தம்பிமார் எத்தனை பேர் என்பவை சேருமாம்! தொலைக்காட்சி வினாடி வினாக்களில் இம்மாதிரிப் புராணக் கேள்விகளுக்குக் குறைவேயில்லை. 2000இல் தோழர் சரத்குமார் நடத்திய “கோடீஸ்வரன்” முதல் 2012இல் தோழர் சூர்யா நடத்திய “நீங்களும் வெல்லலாம் ஒரு கோடி” வரை, நான்கு விடைகளில் ஒன்றைத் தொடுவதே அறிவு என்றாயிற்று. “யார்”, “எப்போது”, “எத்தனை” என்று கேட்பார்களேயன்றி, “ஏன்” என்று கேட்கமாட்டார்கள். “ஏன்” என்று கேட்டால் நான்கு விடைகளுக்குள் அடங்குமா?

இவற்றால் நன்மையே இல்லையென்று நாம் சொல்லவரவில்லை. தோழர் ராதிகா நடத்திய “கோடீஸ்வரி”யில் 2020இல் காது கேளாத, வாய் பேசாத ஒரு பெண் 1 கோடி ரூபாய் வென்றார். ஊனம் முன்ஜென்ம பாபம் என்று புளுகுகிறவர்களுக்கு இதைவிட நல்ல சவுக்கடி வேறென்ன வேண்டும்?

சிரிப்பு எப்படியிருக்க வேண்டும் என்பதற்கு நமக்குக் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் இருக்கிறார். 1949இல் வந்த “நல்லதம்பி”யில் அவர் கிந்தனார் காலட்சேபம் செய்தார். நந்தனாரை நெருப்பில் இறக்கிப் புனிதமாக்கியது புராணம். கிந்தனாரைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பியது கலைவாணர் சிரிப்பு. ஜனங்கள் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். ஆனால் படிக்காதவனைப் பார்த்தல்ல, அவனைப் படிக்கவிடாத முறையைப் பார்த்தேயாகும்.

கொல்லிமலையில் சிரித்து மயக்கி ஆளைக் கொல்லும் பாவை ஒன்று உண்டென்று கதை சொல்லுகிறார்கள். அந்தப் பாவையை நாம் நம்பவில்லை. ஆனால் சிரிப்பு ஆளைக் கொல்லும் என்பது மெய்யே. ஏழை ஒருவன் நாலு பேர் நடுவில் “நமக்கு ஒன்றும் தெரியாது” என்று தலைகுனியும்போது அவனுடைய சுயமரியாதை செத்துப்போகிறது.

ஆகவே தோழர் அண்ணாச்சிக்கும் அவர் வழியில் வருகிற வாலிபர்களுக்கும் நாம் சொல்லுவது ஒன்றே. உங்கள் கேள்வியைத் தெருவில் போகிற ஏழையோடு நிறுத்தாதீர்கள். ஒலிவாங்கியைக் கோயில் வாசலுக்கும், ஜோசியன் திண்ணைக்கும், ஜாதிச் சங்க மாநாட்டுக்கும் கொண்டுபோங்கள். அங்கேயும் அதே மரியாதையோடு, “ஏன் சாமி, சொல்லுங்க” என்று கேளுங்கள். வருகிற விடையைக் கேட்டு நாடே சிரிக்கட்டும். அந்தச் சிரிப்பில் நாமும் கலந்துகொள்ளத் தயார்.