படிக்காத மேதை என்னும் பட்டம்

நம் தமிழ்ப்பள்ளிகளின் பேச்சுப்போட்டி மேடைகளில் காமராசர் அடிக்கடி எழுந்தருளுகிறார். ஜெஞ்சாரோமிலும் அதைச் சூழ்ந்த கோல லங்காட் தோட்டப்புறங்களிலும் அவரைப் பற்றிப் பேசாத மாணவர் தலைமுறை இல்லை எனலாம். பேச வருவோருள் பெரும்பாலோர் ‘படிக்காத மேதை’ என்னும் தொடரைக் கொண்டே தொடங்குகின்றனர். அவையோர் கைதட்டுகின்றனர், நடுவர்களாகிய ஆசிரியர்களும் மதிப்பெண் இடுகின்றனர். அத்தொடர் அப்பெருமகனார்க்குச் செய்யும் அநீதி என்பதும், தமிழ்ப்பள்ளி மேடையில் ஒலிக்கத் தகாதது என்பதும் என் வழக்கு.

1903ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 15ஆம் நாள் விருதுநகரில் பிறந்தவர் காமராசர். ஆறு வயதில் தந்தையை இழந்தார். ஆறாம் வகுப்போடு பள்ளியை விட்டு, மாமனின் துணிக்கடையில் வேலைக்கு நின்றார். இதுவரை மாணவர்கள் செம்மையாகவே சொல்கின்றனர். அடுத்த மூச்சில் 1954க்குத் தாவி, அவரைச் சென்னை மாநில முதலமைச்சர் நாற்காலியில் அமர்த்திவிடுகின்றனர். இடையில் கிடந்த நாற்பது ஆண்டுகள் எங்கே போயின?

1930இல் வேதாரணிய உப்பு அறப்போரின்போது சிறைப்பட்டு அலிப்பூர் சென்றார். 1940இல் வேலூர்ச் சிறை. 1942 முதல் 1945 வரை அமராவதிச் சிறை. வாழ்நாளில் ஏறத்தாழ எட்டு ஆண்டுகள் சிறைக்குள் கழிந்தன. அங்கே அவர் முயன்று தமக்குத் தாமே கல்வி புகட்டிக்கொண்டார். வெளியே வந்தபோதெல்லாம் ஊர் ஊராக நடந்து மக்களைக் கற்றார். 1940இல் தமிழ்நாடு காங்கிரசின் தலைவரானார். இத்தனையும் கல்வி இல்லையென்றால் கல்வி என்பது வேறு யாது? பள்ளிச் சான்றிதழ் பெறாதவர் என்று சொல்லுங்கள், அது மெய். படிக்காதவர் என்று சொல்லாதீர்கள்.

1954 ஏப்ரல் 13ஆம் நாள் பதவியேற்ற அவர் என்ன செய்தார்? இராசாசி 1953இல் கொணர்ந்த திட்டப்படி, தொடக்கப்பள்ளிப் பிள்ளைகள் நாளின் ஒரு பாதியில் பள்ளியிலும், மறு பாதியில் பெற்றோர் தொழிலிலும் பழக வேண்டியிருந்தது. அத்திட்டம் அவ்வாண்டே கைவிடப்பட்டது. (அத்தகைய ஏற்பாடு பால்மரக் காட்டுக்கு வந்திருப்பின் நம் பிள்ளைகள் எதைக் கற்றிருப்பர் என்று தோட்டத்தில் பிறந்தவருக்கு விளக்க வேண்டுவதில்லை.) அடுத்து 1956இல் மதிய உணவுத் திட்டம் தொடங்கிற்று. முதலில் அரசுப் பணத்தைக் காட்டிலும் ஊர் மக்கள் தந்த அரிசியும் காய்கறியுமே அதைத் தாங்கின. பள்ளிச் சீரமைப்பு மாநாடுகளில் சிற்றூரார் பலகையும் பெஞ்சும் கொணர்ந்து குவித்தனர். கல்வியமைச்சராக சி. சுப்பிரமணியமும், பொதுக்கல்வி இயக்குநராக நெ. து. சுந்தரவடிவேலுவும் உடன் உழைத்தனர். தலைமைப் போட்டியில் தம்மை எதிர்த்து நின்ற அதே சுப்பிரமணியத்திடமே கல்வித் துறையை ஒப்படைத்த முதிர்ச்சியை எந்த மாணவர் பேச்சிலும் நான் கேட்டதில்லை. ‘மேதை’ என்ற ஒரு சொல் வந்ததும் அமைச்சரும் அதிகாரியும், அரிசி அளந்த ஊராரும், வகுப்பறையில் நின்ற ஆசிரியரும் ஒருசேர மறைந்துபோகின்றனர்.

அமெரிக்காவிலும் இவ்வகையினர் ஒருவர் இருந்தார். நியூயார்க் மாநில ஆளுநராக நான்கு முறை தேர்ந்தெடுக்கப்பட்ட ஆல்பிரட் சுமித், தந்தை மறைந்தபின் பள்ளியை விட்டு மீன் சந்தையில் வேலை பார்த்தவர். சட்டமன்றம் புகுந்த புதிதில் மசோதாக்கள் விளங்காமல் தவித்தார். இரவிரவாக அவற்றைப் படித்தே தேறினார். 1911இல் நியூயார்க் ஆடைத் தொழிற்சாலைத் தீயில் 146 பேர் மாண்டபின் அமைந்த விசாரணைக் குழுவின் துணைத்தலைவராக ஆலை ஆலையாகச் சென்று கண்டறிந்தார். மீன் சந்தையே தம் பட்டம் என்று அவர் வேடிக்கையாகச் சொல்லிக்கொண்டதுண்டு. வேடிக்கைக்குப் பின்னே மசோதாக் கட்டு இருந்தது.

இவ்வளவு ஏன் வாதிட வேண்டும்? காமராசர் பள்ளியை விட்டது ஆறாம் வகுப்பில். நம் தமிழ்ப்பள்ளி முடிவதும் ஆறாம் ஆண்டில். அதன்பின் படிவம் ஒன்றில் நுழையும் பிள்ளை, அதுவரை தமிழில் கற்ற கணிதத்தையும் வரலாற்றையும் மலாயில் எதிர்கொள்கிறது. தடுமாறும் பிள்ளை பின்வரிசைக்குப் போகிறது. பின்வரிசையிலிருந்து வாகனம் கழுவும் கடைக்கும் லாரிக்கும் வழி மிகக் குறுகியது. யு.பி.எஸ்.ஆர். தேர்வும் 2021இல் கைவிடப்பட்டது. படிவம் மூன்றில் படிப்பை நிறுத்த எண்ணும் சிறுவன், ஆறாம் ஆண்டில் தான் கைதட்டு வாங்கிய பேச்சை நினைத்துக்கொண்டால் அதில் என்ன ஆறுதல் காண்பான்? படிக்காமலே பெரியவன் ஆகலாம் என்பதைத்தானே?

ஏழைப் பிள்ளைக்கு அத்தொடர் ஊக்கம் தருகிறது என்பார் உளர். அன்பால் வழங்கும் பெயர், 1960இல் வந்த திரைப்படத்துக்கும் அதுவே தலைப்பு, அதில் என்ன தீங்கு என்பாரும் உளர். திரைப்படத்தின் தலைப்பு திரைப்படத்துக்கே இருக்கட்டும். ஊக்கம் வேண்டுமெனில், பசியால் பள்ளிக்கு வராத பிள்ளைக்காகப் பானை வைத்த கதை போதாதா? தம்மைப்போல் இன்னொருவர் பள்ளியை விட்டுவிடலாகாது என்று ஒன்பது ஆண்டுகள் ஆட்சியைச் செலவிட்டவரை, பள்ளியை விட்டதற்காகவே புகழ்வது எவ்வகை நன்றி?

அடுத்த போட்டிக்குத் தலைப்பு வகுக்கும் ஆசிரியர்களுக்கு ஒரு விண்ணப்பம். பழைய தலைப்பை நீக்கிவிட்டு, துணிக்கடைக்கும் முதலமைச்சர் நாற்காலிக்கும் இடைப்பட்ட ஆண்டுகளில் காமராசர் எங்கே, யாரிடம், எதைக் கற்றார் என்று கேளுங்கள். மாணவர் நூலகம் தேடிச் செல்லட்டும்.